யெல்லி மூடிய திரை

எங்கள் தெருவில் சன்னல் திரையை யாரும் இழுத்து மூடுவதில்லை. ஹார்லிங்கன் என்ற டச்சு ஊரின் துறைமுகத்துக்குப் பின்னால் இருக்கிற சின்னத் தெரு. மறைக்க ஒன்றும் இல்லாதவர்கள் திறந்தே வைப்பார்கள் என்பது இங்குள்ள பேச்சு. அதிலும் யெல்லியின் சன்னல் ஆலயத்துப் பாத்திரம் மாதிரி மின்னும். மீன்கடையில் ஆயுசெல்லாம் உழைத்த கை அவளுடையது. சனிக்கிழமை தவறாமல் வினிகர் தண்ணீரால் கண்ணாடியைத் துடைத்துவிடும்.

எதிர்வீட்டு நீன்கே அப்படியில்லை. பட்டாணி சூப்பைக் கொதிக்க விட்டுவிட்டுக் கதை பேசுவாள். அவள் கண்ணாடியில் எப்போதும் ஆவிதான்.

குறும்படம் எடுக்கிற யோரித் என்ற இளைஞர் படத்துக்கு ஒரு சன்னல் தேடி எங்கள் தெருவுக்கு வந்தார். விருந்தாளி ஒரு பிஸ்கட் எடுத்ததும் டப்பாவை மூடிவிடுகிற யெல்லி, அன்று திறந்தே வைத்தாள். அவர் இரண்டு பிஸ்கட் தின்றுவிட்டு நீன்கே வீட்டைத் தேர்ந்தெடுத்தார்.

"என் சன்னல்ல என்ன குறை?" தெருவில் வைத்தே கேட்டுவிட்டாள்.

"குறையே இல்லைங்க, அதான் சிக்கல். வெளிச்சம் உங்க கண்ணாடியில நிக்காம ஓடிப்போயிடுது. அவங்க கண்ணாடியில தங்குது. எனக்கு அந்த மங்கல்தான் வேணும்."

"அழுக்கைப் படம் பிடிக்கவா படிச்சிட்டு வந்தீங்க?"

நீன்கே வாசலில் நின்று சிரித்தாள். "விடு யெல்லி. படம் வந்ததும் உனக்கும் ஒரு டிக்கெட் வாங்கித் தர்றேன்."

ஞாயிறு ஆராதனையில் யெல்லி என் பக்கத்தில் உட்கார்ந்தாள். பாட்டுக்கு வாய் மட்டும் அசைந்தது; கண் நீன்கேயின் புதுச் சட்டை மேல். பொறாமை எலும்பை உருக்கும் என்பார்கள். எனக்கும் தெரிந்த நோய்தான் என்பதால் அவளுக்காக ஜெபித்தேன்.

படப்பிடிப்பு அன்று யெல்லி, பரணில் கிடந்த பச்சைத் திரையை மாட்டிப் பட்டப்பகலில் இழுத்து மூடினாள். தெருவே திரும்பிப் பார்த்தது.

குளிர்காலத்தில் துறைமுகக் கொட்டகையில் படம் போட்டார்கள். பேச்சே இல்லாத படம். கேமரா நீன்கேயின் அறைக்குள் இருந்தது, பார்த்ததோ வெளியே. ஆவி படிந்த கண்ணாடி, அதற்கப்பால் மழை, மழைக்கப்பால் மூடிய பச்சைத் திரை. தெருவில் ஒருவன் அந்த வீடு திறக்குமென்று நனைந்துகொண்டு நிற்கிறான். திரையின் ஓரம் மெல்ல விலகியது. இரண்டு விரல், ஒரு கண்.

படப்பிடிப்பு அன்று யெல்லி பொறுக்காமல் எட்டிப் பார்த்தது அப்படியே படத்தில் விழுந்திருந்தது.

விளக்குப் போட்டதும் எல்லாரும் வந்து அவள் கையைக் குலுக்கினார்கள். நீன்கே கோட்டுப் பொத்தானைப் போட்டபடி சொன்னாள்: "என் வீட்டையே தலைகீழாக்கினாங்க. தெரிஞ்சது உன் விரல்."

"கண்ணும் தெரிஞ்சுது," என்றாள் யெல்லி.

மறுநாள் காலை யெல்லி வாளியும் துணியுமாகச் சன்னலுக்கு வந்தாள். எதிர்வீட்டில் புதுத் திரை தொங்கியது, இழுத்து மூடியபடி. விலைச்சீட்டைக்கூடக் கிழிக்கவில்லை. அதன் ஓரம் மட்டும் லேசாக அசைந்தது.