ஃபைவ் நைன் என்றொரு வரவேற்பு

வானொலிப் பிரியர்கள் கூடும் பெரிய இணைய மன்றம் ஒன்றில் புதிதாகச் சேர்பவர்களை வரவேற்பது இப்போது என் பொறுப்பு. "நல்வரவு. படத்தில் உங்கள் ஆன்டெனா சாய்ந்திருக்கிறது, நிமிர்த்துங்கள்" என்று எழுதுவேன். வந்ததும் வராததுமாகக் குறை சொல்கிறேன் என்று சிலருக்கு வருத்தம். நான் இனிக்க இனிக்க வரவேற்ற காலமும் உண்டு. அதைச் சொல்லிவிட வேண்டும்.

1991இல் மணிமங்கலத்தில் என் வீட்டு மாடியறையிலிருந்து ஞாயிறுதோறும் ஹாம் ரேடியோ கூட்டத்தை நடத்திவந்தேன். உரிமம் பெற்றவர்கள் அவரவர் வீட்டிலிருந்தே ஓர் அலைவரிசையில் கூடுவோம். 'நெட்' என்போம் அதை. நடத்துகிறவருக்குக் 'கன்ட்ரோல்' என்று பெயர். அவர் ஒவ்வொருவராகக் கூப்பிட, கூப்பிடப்பட்டவர் பேசுவார். நாகர்கோவிலிலிருந்து பெங்களூர் வரை ஆட்கள் இருந்தார்கள். அத்தனை பேரைச் சேர்த்ததில் எனக்கிருந்த பெருமை இன்றும் குறையவில்லை.

புதியவர் வந்தால் எல்லோரும் அமைதியாகிவிடுவோம். அவர் தன் ஊரையும் கருவியையும் ஆன்டெனாவையும் பற்றிச் சொல்வார். அவர் குரல் எப்படிக் கேட்கிறது என்று நான் மதிப்பெண் தருவேன். தெளிவுக்கு ஐந்து வரை, வலுவுக்கு ஒன்பது வரை. எல்லாப் புதியவருக்கும் 'ஃபைவ் நைன்' என்றே சொல்லிவந்தேன். எனக்குப் பின் பேசுகிறவர்களும் மரியாதைக்கு அதையே சொல்வார்கள். மாலை போடுவது மாதிரி. வந்த யாரும் எங்களை விட்டுப் போனதில்லை.

அந்த ஆண்டு வடக்குப்பட்டிலிருந்து அறிவியல் ஆசிரியை ஒருவர் சேர்ந்தார். கருவியைத் தானே செய்திருந்தார். எங்கள் நெட்டின் முதல் பெண்.

"வூட்டுக் கூரையிலருந்து முருங்க மரம் வரைக்கும் ஆன்டெனா கம்பி கட்டிகீறேன் சார். எப்படிக் கேக்குது? ஓவர்."

இரைச்சலில் பாதி வார்த்தைகளை ஊகித்துக்கொண்டேன். பக்கத்து ஊர்க்காரனான எனக்கே இப்படியென்றால், மதுரையில் ஒன்றுமே கேட்டிருக்காது. கம்பி தாழ்வாக இருக்கிறது என்பது அப்போதே தெரியும். சொன்னால் போய்விடுவாரோ என்று பயந்தேன். முதல் பெண் உறுப்பினர் என்று சென்னை நண்பர்களிடம் சொல்லிக்கொள்ளும் ஆசை வேறு.

"ஃபைவ் நைன்மா. பக்கத்து ரூம்ல பேசற மாதிரி இருக்கு" என்றேன்.

அதன்பின் ஒவ்வொரு வாரமும் அவர் பேசியதை நானே திருப்பிச் சொல்வேன். மற்றவர்கள் அதைக் கேட்டுத்தான் பதில் சொன்னார்கள். அவரோ அதை நெட்டின் நடைமுறை என்று நினைத்துக்கொண்டார்.

புதியவர் பழகியதும் ஒரு ஞாயிறு நெட்டைத் தானே நடத்த வேண்டும் என்பது எங்கள் வழக்கம். அவர் முறை வந்தபோது, "நீங்க நேர்ல வரணும் சார்" என்றார். மறுக்க வாய் வரவில்லை. போனேன். மாணவிகளை வரவழைத்து உட்கார வைத்திருந்தார். மாமியார் கதவருகே நின்றிருந்தார்.

ஆசிரியை கூப்பிட்டார். பதில் இல்லை. மறுபடியும் கூப்பிட்டார். மதுரைக் குரல் ஒன்று, "கன்ட்ரோல்ல இன்னிக்கு யாருமே வரலையா? சும்மா கெடக்கே" என்றது. "அந்தம்மா லீவு போல" என்றது இன்னொன்று. இவர் பேசப் பேச, இவர் மேலேயே அவர்கள் பேசிக்கொண்டிருந்தார்கள்.

"இன்னாடி, நீயே பேசிகினு கீற. அந்தாண்ட யாருக்காச்சும் கேக்குதா இல்லியா?" என்றார் மாமியார். மாணவிகள் சிரித்தார்கள்.

ஆசிரியை என் பக்கம் திரும்பினார். "சார், என்னுது ஃபைவ் நைன்தான?"

"இல்லம்மா. த்ரீ த்ரீ. மொத நாள்லருந்தே அதான். நான் பொய் சொன்னேன்."

சிரிப்பு நின்றுவிட்டது. அவர் மைக்கை மெதுவாக மேசையில் வைத்தார்.

"அன்னிக்கே சொல்லியிருந்தா அன்னிக்கே கம்பிய ஏத்தியிருப்பேனே சார். இதுக்கா போயிடுவேன்னு நெனச்சீங்க?"

மாமியார் குறுக்கிட்டார். "கொட்டாயாண்ட ரெண்டு சவுக்குக் கம்பு கெடக்குது. அத்த நடு. சாரு சும்மாத்தான நிக்கறாரு, கயிறு புடிக்கட்டும்."

வெயில் ஏறும்வரை கயிறு பிடித்தேன்.

மறு ஞாயிறு, முதல் ஆளாக நான் பேசி, செய்ததை எல்லோரிடமும் ஒப்புக்கொண்டேன். பிறகு நெட்டை அவரிடம் கொடுத்தேன். "ஃபைவ் செவன்மா. ஒங்க கொரலையே இப்பத்தான் கேக்குறேன்" என்றார் மதுரைக்காரர். அந்த 'இப்பத்தான்' இன்னும் என்னைச் சுடுகிறது.

கூட்டம் முடியும் தறுவாயில் வாலாஜாபாத்திலிருந்து ஒரு புதியவர் தயங்கித் தயங்கிக் கூப்பிட்டார். எல்லோரும் வழக்கம்போல் அமைதியானோம்.

"வாங்க சார், ரொம்ப சந்தோஷம்" என்றார் ஆசிரியை. "உங்களுது ஃபோர் ஃபோர். கரகரன்னு கீது, எங்கியோ ஜாயின்ட் லூசா இருக்கும். பாத்துட்டு அடுத்த வாரம் வாங்க. நாங்க இங்கதான் இருப்போம். ஓவர்."

இரைச்சலுக்கு நடுவே புதியவரின் குரல் வந்தது.

"அடுத்த வாரம் எதுக்கு மேடம்? சோல்டரிங் அயர்ன் சூடாத்தான் கீது. லைன்லயே இருங்க."

எங்களில் ஒருவரும் கருவியை அணைக்கவில்லை. என் நெட்டில் நான் கேட்ட வரவேற்புகளில் ஆகச் சிறந்தது அது. அதைச் சொன்னவர் நான் அல்ல.