அப்பா பிரசிடென்ட், அண்ணன் பிரசிடென்ட்

எங்கள் அப்பா மறைந்து இன்றோடு ஓராண்டு நிறைகிறது. இந்த நினைவு மலர் உங்கள் கைக்கு வரும் நேரத்தில், ஹூஸ்டனை ஒட்டிய கேட்டி ஊரில் எங்கள் வீட்டுக் கூடத்தில் அவர் படத்துக்கு மாலை போட்டிருப்போம். அவருக்குப் பிடித்த பச்சைப்பயறு கடைசலை அம்மா இலையில் வைத்திருப்பார். வந்திருக்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் எங்கள் குடும்பத்தின் வணக்கம்.

எழுத உட்கார்ந்ததும் பழக்கத்தில் தலைப்புகளாகப் பிரித்துக்கொண்டேன்: பிறப்பு, படிப்பு, வேலை, சங்கம், நோய். எண்ணெய்க் குழாய்களின் அழுத்தத்தைக் கண்காணிக்கும் மென்பொருளைச் சோதிப்பது என் வேலை. எதையும் வரிசைப்படுத்தாமல் எனக்குத் தொடங்க வராது. ஆனால் எழுத எழுத எல்லாத் தலைப்புக்குள்ளும் அண்ணன் வந்து உட்கார்ந்துகொண்டார். அப்பாவின் வாழ்க்கையே அப்படித்தான் இருந்தது; அதை நான் மாற்றி எழுத முடியாது.

அப்பா தாராபுரத்துக்கு அருகே ஒரு சிற்றூரில் பிறந்தார். தாத்தா பஸ் கண்டக்டர். அப்பா பள்ளியில் படித்துக்கொண்டிருந்தபோதே தாத்தா இறந்துவிட, தாய்மாமா வீட்டில் தங்கிப் படித்தார். கோயம்புத்தூரில் மெக்கானிக்கல் இன்ஜினியரிங் முடித்து, ஒரு பம்ப் கம்பெனியில் வேலை பார்த்தார். சுத்திகரிப்பு ஆலைகளுக்குக் குழாய் வடிவமைக்கும் வேலை கிடைத்து ஹூஸ்டனுக்கு வந்தார். கார் வாங்கும் வரை டெக்சஸ் வெயிலில் சாலையோரம் நடந்தே அலுவலகம் போனவர் அவர். நடந்து போகிறவரைப் பார்த்து, கார் பழுதாகிவிட்டதோ என்று வழியில் வண்டியை நிறுத்திக் கேட்டவர்கள்தான் அவருடைய முதல் அமெரிக்க நண்பர்கள். எண்ணெய் விலை விழுந்தபோதெல்லாம் வேலை போனது. ஒவ்வொரு முறையும் ஒரு வார்த்தை புலம்பாமல் மறுபடி தேடிக்கொண்டார்.

அவர் வந்திறங்கியபோது அமெரிக்க அதிபராக இருந்தவருக்கும் ஹூஸ்டன்தான் ஊர். அவர் இரண்டாம் முறை நின்று தோற்று, ஹூஸ்டனுக்கே திரும்பி வந்து குடியிருந்தார். பிறகு அவருடைய மகன் எங்கள் மாநில ஆளுநராகி, தந்தையைப் போலவே அதிபருமானார். தந்தைக்குக் கிடைக்காத இரண்டாம் முறையும் அவருக்குக் கிடைத்தது. இந்த நாட்டின் வரலாற்றில் அதற்கு முன் ஒரே ஒரு தந்தையும் மகனும்தான் அப்படி வென்றிருந்தார்கள். அது மிகப் பழைய காலம். இந்தக் கதையை அப்பா எத்தனை வீட்டு விருந்துகளில் சொல்லியிருப்பார் என்பது உங்களுக்கே தெரியும். இரண்டு ஜோடியிலும் அப்பாவுக்கும் மகனுக்கும் ஒரே பெயர், நடுவில் வரும் பெயரில்தான் வித்தியாசம் என்பது அவருக்குத் தீராத அதிசயம்.

"நமக்கு அப்பன் பேரு இனிஷியலா முன்னால நிக்குது. இவங்க அப்பன் பேரையே புள்ளைக்கு வெச்சுப்போடறாங்க பாருங்க" என்பார்.

"புருஷன் பேரச் சொல்லக் கூடாதுன்னா அந்தம்மா பையன எப்படித் திட்டும்?" என்று அம்மா சமையலறையிலிருந்தே கேட்பார். 

எங்கள் ஊர்த் தமிழ்ச் சங்கத்தைத் தொடங்கிய நால்வரில் அப்பாவும் ஒருவர். ஒரு முறை தலைவரானார். அந்த ஆண்டுப் பொங்கல் விழாவில், நேரம் முடிந்துவிட்டது என்று ஒரு சினிமாப் பாட்டு நடனத்தின் நடுவிலேயே மைக்கை நிறுத்தச் சொன்னார். ஆடிக்கொண்டிருந்த குழந்தைகளின் பெற்றோர் அடுத்த தேர்தல் வரை அதை மறக்கவில்லை. இரண்டாம் முறை நின்ற அப்பா தோற்றார். தோற்ற அன்று மாலையே அரங்கில் இருந்து நாற்காலிகளை மடித்து அடுக்கினார். அதன்பின் சங்கத்தில் நடந்த எந்த விழாவிலும், கடைசியில் நாற்காலி அடுக்கியவர்களில் அவர் இருந்தார். அவருடைய நற்குணங்களில் ஒன்றை மட்டும் சொல்லச் சொன்னால் நான் இதைத்தான் சொல்வேன்.

பல ஆண்டுகளுக்குப் பிறகு அண்ணன் தலைவரானார். அண்ணனுக்கு எல்லாரையும் தெரியும். எல்லாருக்கும் அண்ணனைப் பிடிக்கும். "எல்லாருக்கும் வணக்கம்" என்று தமிழில் தொடங்கி, அடுத்த வாக்கியத்திலேயே ஆங்கிலத்துக்குப் போய்விடுவார், கைதட்டல் குறையாது. சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் நான் பாடம் நடத்தினேன். விழாவில் எந்த நிகழ்ச்சிக்குப் பின் எது என்று எழுதியவள் நான். ஒலிபெருக்கி வயர்களை இழுத்துக் கட்டியவளும் நான்தான். அப்பா வருகிறவர்களிடம் தன் கொங்குத் தமிழில் எங்களை அறிமுகப்படுத்துவார்.

"இவன் என்ற பையனுங்க, பிரசிடென்ட். இது பொண்ணு, ஹெல்ப் பண்ணுது."

அந்த "ஹெல்ப் பண்ணுது" எனக்கு இன்னும் வலிக்கிறது. நினைவு மலரில் பொய் எழுத வேண்டாம் என்பதால் எழுதிவிடுகிறேன்: எனக்கு அண்ணன் மேல் பொறாமை. சின்ன வயதிலிருந்தே உண்டு. வளர்ந்தபின் காரணங்கள் தெளிவாயின, அவ்வளவுதான்.

அண்ணன் தலைவரான செய்தி தாராபுரம் போனது. நம் ஊர்ப்பக்கம் பஞ்சாயத்துத் தலைவரையும் பிரசிடென்ட் என்றுதானே சொல்கிறோம்? அப்பா ஃபோனில், "நான் இருந்தாப்புல இப்ப என்ற பையனும் பிரசிடென்ட் ஆயிட்டானுங்" என்று சொல்லியிருக்கிறார். அமெரிக்காவில் பிரசிடென்ட் என்பது ஊரில் எப்படியோ அமெரிக்க பிரசிடென்ட் என்றாகிவிட்டது. பேருந்து நிறுத்தத்தில் ஃப்ளெக்ஸ் வைத்துவிட்டார்கள். அப்பாவும் அண்ணனும் கைகூப்பி நிற்க, பின்னால் வெள்ளை மாளிகை. மேலே, "அமெரிக்காவை ஆண்ட தந்தையே! ஆளும் தனயனே!"

அடுத்த வாரம் தூரத்துச் சொந்தத்தில் ஒரு பெரியம்மா அப்பாவைக் கூப்பிட்டார். "ஏனப்பா, என்ற பேரனுக்கு விசா நிக்குதாமா. உன்ற பையன் ஒரு கையெழுத்துப் போட்டா ஆயிருமாமே?"

"அவன் கையெழுத்துப் போட்டா ஹால் புக்கிங்தானுங் ஆகும்" என்றார் அப்பா. பெரியம்மா நம்பவில்லை; பதவி வந்ததும் சொந்தத்தை மறந்துவிட்டதாகச் சொல்லி ஃபோனை வைத்துவிட்டார்.

நாங்கள் எல்லாரும் சிரித்தோம். நானும் சிரித்தேன். பிறகு தனியாக அந்த ஃப்ளெக்ஸ் படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். கீழே வட்ட வட்டமாகச் சொந்தக்காரர்களின் முகங்கள் இருந்தன. மாமாக்கள், அவர்களின் பிள்ளைகள், நடக்கத் தொடங்காத ஒரு குழந்தை. நான் இல்லை.

அதற்குள் அப்பாவின் சிறுநீரகங்கள் பழுதாகி டயாலிசிஸ் தொடங்கியிருந்தது. வீட்டிலிருந்தே வேலை செய்ய எனக்கு அனுமதி இருந்ததால், அவரைக் கூட்டிப் போய்க் கூட்டி வருவது என் பொறுப்பானது. ஒரு நாள் ஃப்ரீவேயில் போகும்போது, அண்ணன் இரண்டாம் முறை நிற்கும் தேர்தலில் நானும் நிற்கப்போவதாகச் சொன்னேன்.

அப்பா ரேடியோவை அணைத்தார். பிறகு, "அண்ணனுக்கு எதிராவா அம்மிணி?" என்றார்.

"அண்ணனுக்கு எதிரா இல்லப்பா. பிரசிடென்ட் போஸ்டுக்கு."

"ரெண்டும் ஒண்ணுதான் கண்ணு. அப்பனும் மகனும்னு ஊரே பேசுது."

"அப்பாவும் மகளும்னு பேசட்டுமேப்பா."

"இந்த நாட்டுலயே அது இன்னும் நடக்கலையே."

"அதான் நிக்கறேன்."

அவர் சிரித்தார். ஆனால் தேர்தலில் எனக்குக் கை தூக்குவேன் என்று சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. தலைவர் பதவி கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும், எனக்கு வேண்டியிருந்தது அந்த ஒரு கைதான்.

எங்கள் சங்கத்தில் வாக்குச்சீட்டு கிடையாது. மதிய உணவுக்கு முன் கை தூக்கிச் சொல்வதுதான் வழக்கம். அம்மா நிலைமையைப் பார்த்து, "சாம்பார் ஆறிப்போயிரும்" என்று எழுந்து போய்விட்டார். அப்பா முதல் வரிசையில் சக்கர நாற்காலியில் இருந்தார். டயாலிசிஸ் ஊசி போடும் இடது கையை மடியில் வைத்திருந்தார். அண்ணன் பெயரைச் சொன்னதும் வலது கையைத் தூக்கினார். நன்றாக, எல்லாருக்கும் தெரியும்படி, நேராகத் தூக்கினார். நான் மேடையோரத்தில் நின்று பார்த்தேன்.

அண்ணன் வென்றார். நன்றி சொல்ல மைக்கைப் பிடித்தவர், அன்றைக்கென்று முழுப் பேச்சையும் தமிழிலேயே பேசினார். நிறையப் பயிற்சி எடுத்திருக்க வேண்டும். கடைசி வாக்கியமாக, "நான் என் அப்பாவின் வலியில் நடப்பேன்" என்றார். வழி என்பது வலி ஆகிவிட்டது. அரங்கில் ஒருவரும் சிரிக்கவில்லை. பாதிப் பேருக்கு வித்தியாசம் கேட்கவில்லை. மீதிப் பேர் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தார்கள்.

திரும்பும்போது, "நான் அம்மிணி வண்டியிலயே வர்றேன்" என்று அப்பா என் காரில் ஏறிக்கொண்டார்.

"அம்மிணி, அந்தப் பெரிய அதிபர் இருந்தாரல்ல, ரெண்டாவது தடவ தோத்தவரு. மகன் ரெண்டாவது தடவயும் ஜெயிச்சப்ப அவருக்கு என்ன தோணியிருக்கும்?"

"சந்தோஷமா இருந்திருக்கும்ப்பா."

"வெளியில அப்படித்தான் இருந்திருக்கும். எனக்கு இன்னைக்கு வயிறு எரிஞ்சுது."

நான் திரும்பிப் பார்த்தேன்.

"ரோட்டப் பாரு கண்ணு. நெசமாத்தான் சொல்றேன். கையத் தூக்கினது நாந்தான். தூக்கினதுக்கப்புறம், எறக்கிப்போடலாமான்னு இருந்துச்சு. ஒரு டான்ஸுக்கு மைக்க நிறுத்துனேன்னு என்னைத் தோக்கடிச்சாங்க. இவன் ரெண்டு வருஷமா ஒரு புரோகிராமும் நேரத்துக்கு முடிச்சதில்ல, இவனுக்குக் கை தட்டறாங்க."

"எல்லாப் புரோகிராமையும் நேரத்துக்கு முடிச்சது நான்ப்பா."

"அதுந்தெரியும்."

"தெரிஞ்சுமா அவனுக்குத் தூக்கினீங்க?"

"தூக்காம உட்டிருந்தா, அப்பனே புள்ளையக் கவுத்துட்டான்னு பேசுவாங்கல்ல. பயந்துட்டேன் அம்மிணி."

"எனக்கும் எரியுதுப்பா" என்றேன்.

"மூஞ்சியிலயே தெரியுது. எனக்கும் இப்படித்தான் ஒதடு கோணிக்கும்" என்றார். கண்ணாடியை என் பக்கம் திருப்பிக் காட்டப் போனார். ஓட்டும்போது வேண்டாம் என்று தடுத்தேன்.

பிறகு வீடு வரைக்கும் இருவரும் அண்ணனின் பேச்சை அக்கக்காகப் பிரித்துக் குறை சொன்னோம். கடைசி வாக்கியத்துக்கு வந்தபோது அப்பா சிரித்த சிரிப்பில் இருமல் வந்துவிட்டது.

"என்ற வலியில அவன் எங்க நடக்கறான்? வழியில வேண்ணா நடக்கட்டும், போச்சாது, உடு. வலியில நடக்கறதெல்லாம் நீதான்."

அதன்பின் அவர் யாரிடமும் என்னை "ஹெல்ப் பண்ணுது" என்று அறிமுகப்படுத்தவில்லை என்று எழுத ஆசைதான். அப்படி எதுவும் நடக்கவில்லை. அடுத்த மாதமே டயாலிசிஸ் நிலையத்துக்கு வந்த ஒரு நண்பரிடம் பிரசிடென்ட் மகனைப் பற்றியே நெடுநேரம் பேசினார். பேசிக்கொண்டே என்னைப் பார்த்து உதட்டைக் கோணிக் காட்டினார்.

கடைசி வாரங்களில் அப்பா மருத்துவமனை வேண்டாம் என்றார். வீட்டிலேயே, அம்மா பக்கத்தில் இருக்க, ஒரு காலைப்பொழுதில் அமைதியாகப் போனார். தகன மண்டபத்தில் கொள்ளிக்குப் பதில் ஒரு பொத்தான். மகன் அழுத்த வேண்டும் என்றார் சடங்கு செய்ய வந்தவர். அண்ணன் அழுத்தினார். நான் பின்னால் நின்றேன். அந்தப் பொத்தானுக்காகவும் எனக்குப் பொறாமைதான். ஓராண்டு ஆகியும் குறையவில்லை.

வெளியே வாகன நிறுத்தத்துக்கு வந்ததும் அண்ணன் என் கார் மேல் சாய்ந்துகொண்டு அழுதார். அழுதபடியே கோபமாகக் கேட்டார்: "எப்பவும் உன் கார்லதான் வருவேன்னு சொல்வாரு. என்கூட ஏறவே மாட்டாரு. நான் என்ன பண்ணினேன்? நீங்க ரெண்டு பேரும் அப்படி என்னதான் பேசிப்பீங்க? இட்ஸ் நாட் ஃபேர்."

நான் கார்க் கதவைத் திறந்து டிஷ்யூப் பெட்டியை எடுத்து நீட்டினேன்.

இனி நன்றி. டயாலிசிஸ் நிலையச் செவிலியர்களுக்கு, அப்பாவின் கொங்குத் தமிழைப் புரியாமலே சிரித்ததற்காக. முறை போட்டுக்கொண்டு உப்புக் குறைத்துச் சமைத்து அனுப்பிய ஆன்ட்டிகளுக்கு. அதிகாலையில் அப்பாவைக் கட்டிலிலிருந்து தூக்கி உட்கார வைக்க ஓடிவந்த பக்கத்து வீட்டு அங்கிளுக்கு. வர முடியாமல் ஃபோனிலேயே எங்களோடு அழுத தாராபுரத்துச் சொந்தங்களுக்கு. ஒரு நாளும் முகம் சுளிக்காத அம்மாவுக்கு.

அண்ணனுக்கும் நன்றி. ஆஸ்பத்திரிச் செலவு முதல் இந்த மலரின் அச்சு வரை அவர்தான் பார்த்துக்கொண்டார். அன்று அவர் கேட்ட கேள்விக்கு இதுவரை நான் பதில் சொன்னதில்லை. இங்கே எழுதியிருக்கிறேன். ஆங்கிலத்தில் கொடு என்று கேட்டார், மறுத்துவிட்டேன். அவர் எழுத்துக் கூட்டி இதைப் படித்து முடிக்கச் சில நாட்கள் ஆகலாம். அதுவரை அப்பாவும் நானும் போன அந்தக் கார் எனக்கு மட்டும்தான்.