பதினோராம் குழியில் ஓர் அடி

நான் கோல்ஃப் மட்டையைத் தொட்டதுகூட இல்லை. ஆனாலும் ஸ்காட்லாந்திலிருந்து வந்த ஒரு பெண்ணின் ஆட்டத்தை முடித்துவைத்தவன் நான்தான். இதை என் மனைவியைத் தவிர யாரிடமும் சொன்னதில்லை. வெட்கம் பாதி, கோழைத்தனம் பாதி.

அப்போது நான் கல்கத்தாவில் ஒரு சணல் கம்பெனியில் குமாஸ்தா. பாலிகஞ்சில் ஜாகை, காலை ரயிலில் சியால்தா போய் அங்கிருந்து நடை. எங்கள் துரை கடிதம் சொல்லும்போது தேதியை மாற்றிச் சொல்வார், கப்பல் பெயரைக் குழப்புவார். நான் வாயைத் திறக்காமல் சரிசெய்து எழுதி, கையெழுத்துப் போடவேண்டிய இடத்தில் விரலை வைத்து நீட்டுவேன். அவர் படிக்காமலே போடுவார். மதராஸ் குமாஸ்தாக்களுக்கு அந்த ஊரில் நல்ல பெயர் வந்ததே இப்படித்தான். துரை தப்பே செய்யமாட்டார். செய்தாலும் காகிதத்தில் இருக்காது.

அவருடைய தங்கை ஸ்காட்லாந்தில் பெயர்போன கோல்ஃப் ஆட்டக்காரி. பத்து வயதில் அப்பாவின் மட்டையைக் குட்டையாக அறுத்து வாங்கிக்கொண்டு கடற்கரைப் புல்வெளியில் ஆடத் தொடங்கியவர். பதினெட்டில் ஜில்லாக் கோப்பை. பிறகு பெண்களுக்கான தேசியப் போட்டியில் ஒரு வருஷம் அரையிறுதி, அடுத்த வருஷம் இறுதியாட்டம். இரண்டிலும் கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. பணத்துக்கு ஆடுகிறவர் அல்ல, ஆசைக்கு ஆடுகிறவர். அப்பா இறந்தபின் அண்ணன் வீட்டோடு வந்துவிட்டார். இந்தக் குளிர்காலத்தில் கல்கத்தா மைதானத்தில் நடக்கும் பெண்கள் மெடல் போட்டியை ஜெயித்தால் மார்ச் கப்பலில் ஊருக்கு அனுப்புகிறேன், மறுபடி தேசியப் போட்டியில் ஆடலாம்; இல்லாவிட்டால் மட்டையை மூட்டை கட்டிவிட்டு இங்கேயே இரு என்று துரை சொல்லியிருந்தார். ஆபீஸ் முழுக்க இது தெரியும்.

போட்டியன்று அவரோடு ஜோடியாக ஆடவேண்டிய பெண்ணுக்கு ஜுரம். அடிகளை அட்டையில் குறிக்க ஓர் ஆள் வேண்டும். துரை என்னை அனுப்பினார். ஒவ்வொரு குழியிலும் பந்து விழ எத்தனை அடி ஆயிற்றோ அதை எழுதவேண்டும், அவ்வளவுதான். மொத்தத்தில் குறைந்த அடியில் முடிப்பவருக்கு ஜெயம்.

"நான் சொல்வதை எழுதுங்கள், பாபு. உங்கள் வேலை சுலபம்" என்று அந்த அம்மாள் இங்கிலீஷில் சொன்னார்.

அன்று அவர் ஆடியதை நான் வாயைப் பிளந்துகொண்டு பார்த்தேன். பதினோராம் குழிக்கு முன்னால், புல்லில் கிடந்த பந்துக்குப் பின்னால் மட்டையை வைத்தார். அடிக்கும் முன்பே பந்து அரை விரற்கடை உருண்டது. பக்கத்தில் ஓர் ஈ காக்கை இல்லை. குழியை முடித்துவிட்டு வந்து, "பந்து அசைந்துவிட்டது. அதற்கு ஓர் அடி கூட. ஆறு என்று போடுங்கள்" என்றார்.

எனக்குத் தெளிவாகக் கேட்டது. நான் ஐந்து என்று எழுதினேன். இவர் வாய் தவறிச் சொல்கிறார், நாம்தான் காப்பாற்ற வேண்டும் என்று கை தானாகவே போயிற்று. அரை விரற்கடைக்கு ஓர் அடியா, கப்பலே போய்விடுமே என்று மனசு வேறு ஒத்து ஊதியது. கடைசியில் கையெழுத்துப் போடும் இடத்தில் விரலை வைத்து அட்டையை நீட்டினேன்.

"எல்லாம் சரிதானே?"

"சரி, மேடம்."

அண்ணனைப் போலவே படிக்காமல் போட்டார். புண்ணியம் சேர்த்துவிட்ட திருப்தியில் நான் நெற்றியைத் துடைத்துக்கொண்டேன்.

மாலைத் தேநீரின்போது கூடாரத்தில் கிளப் காரியதரிசி ஜெயித்தவரின் அட்டையைக் குழி குழியாக வாசித்தார். "பதினொன்று, ஐந்து" என்றதும் அந்த அம்மாள் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு எழுந்தார். "அது ஆறு" என்றார். கையெழுத்திட்ட அட்டையில் ஆடியதைவிடக் குறைத்து எழுதியிருந்தால் ஆட்டம் செல்லாது என்பது விதி. இரண்டாவதாக வந்தவரைவிட அவர் மூன்று அடி முன்னால் இருந்தார். ஆறு என்றே எழுதியிருந்தாலும் ஜெயித்திருப்பார். அதை நானும் அங்கே நின்றுதான் கேட்டேன். ஏமாற்றப் பார்த்துவிட்டுக் கடைசியில் பயந்துவிட்டாள் என்று இரண்டு சீமாட்டிகள் என் காதுபடவே பேசினார்கள்.

அன்றைக்குச் சோறு இறங்கவில்லை. மனைவியிடம் சொன்னேன்.

"அவா வாயால சொன்னதை மாத்தி எழுத நீங்க யாரு?" என்றாள். "நாளைக்கே போய்ச் சொல்லிடுங்கோ."

"வேலை போயிடும்டி."

"போனாப் போறது."

நான் போகவில்லை. நாலாம் நாள் அந்த அம்மாளே ஆபீசுக்கு வந்து என் மேஜையருகே நின்றார். நான் எழுந்து நின்றேன்.

"அண்ணனுக்கு மனம் இளகிவிட்டது. மெடல் இல்லாவிட்டாலும் மார்ச்சில் போகச் சொல்கிறான்" என்றார். "போவதற்கு முன் எனக்கு ஒன்று தெரியவேண்டும். அன்று நான் ஆறு என்று சொன்னதாகத்தான் நினைவு. உங்களிடம் என்ன சொன்னேன்?"

உண்மையைச் சொல்லியிருந்தால் அவர் நிம்மதியாகக் கப்பல் ஏறியிருப்பார். துரையின் அறைக் கதவு திறந்திருந்தது.

"ஐந்து என்றுதான் சொன்னீர்கள், மேடம்."

அவர் என்னை நம்பினார், பாவம்.

"தன் அடியைத் தானே சரியாகச் சொல்லத் தெரியாதவள் போட்டியில் நிற்கக்கூடாது. நான் வரவில்லை என்று இன்றே ஊருக்கு எழுதிவிடுகிறேன்" என்றார். பிறகு கையை நீட்டினார். "மூன்று நாளாக உங்களை மனசுக்குள் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன், பாபு. என்னை மன்னிக்கவேண்டும்."

நான் அந்தக் கையைப் பிடித்துக் குலுக்கினேன். பரவாயில்லை மேடம் என்று, பெரிய மனசு பண்ணி, அவரை மன்னித்தேன்.