ஒரு சிற்றரசரின் ராஜினாமா

மன்னர்கள் எப்படி ஆளவேண்டும் என்று பாடம் எடுப்பது என் தொழில். ஐந்நூறு வருடங்களுக்கு முன்பு, மறுமலர்ச்சிக் காலத்து ஐரோப்பாவில், குறிப்பாக இத்தாலியின் சின்னச் சின்ன நகர அரசுகளில், ஆள்கிறவர்களுக்குப் புத்திமதி எழுதிக் கொடுப்பதற்கென்றே ஒரு கூட்டம் இருந்தது. மன்னன் மக்களுடைய அன்பைத் தேடுவதா, பயத்தைத் தேடுவதா? கொடுத்த வாக்கை எப்போது காப்பாற்றவேண்டும், எப்போது காற்றில் விடலாம்? நல்லவனாக இருப்பது அவசியமா, நல்லவனாகத் தெரிந்தால் போதுமா? இப்படியான கேள்விகளுக்கு அவர்கள் பக்கம் பக்கமாகப் பதில் எழுதினார்கள். அந்தப் பதில்களை நான் மொன்றியலில் ஒரு பல்கலைக்கழகத்தில், முன்வரிசையைக் காலியாக விட்டுவிட்டுப் பின்னால் போய் உட்காரும் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுக்கிறேன். என்னுடைய வேலை நிரந்தரமில்லை; தவணைக்குத் தவணை ஒப்பந்தம். அதைப் புதுப்பிக்கும் அலுவலகப் பெண்மணியை நடைபாதையில் கண்டால் நான் இன்றைக்கும் சுவரோடு ஒட்டி நின்று வழிவிடுவேன். அதிகாரத்தைப் பற்றி எனக்கு இருந்த நேரடி அனுபவம் அவ்வளவுதான்.

எங்கள் ஆட்களுக்கு இந்தத் தொழிலை விளங்கப்படுத்துவது பெரிய கரைச்சல். ஒரு கலியாண வீட்டில் பக்கத்துக் கதிரையில் இருந்தவர் என்ன படிப்பிக்கிறீர்கள் என்று கேட்டார். அரசர்கள் ஆளும் முறை என்றேன். எந்த நாட்டு அரசர் என்றார். இத்தாலி என்றேன். அங்கே இப்போது அரசர் இல்லையே என்றார். இல்லைத்தான் என்றேன். அவர் கொஞ்ச நேரம் என்னை இரக்கத்தோடு பார்த்துவிட்டு, தன் மருமகன் கர்க்லாண்டில் வீடு வாங்கிய கதைக்குப் போய்விட்டார்.

அப்படிப்பட்ட என்னைத்தான் எங்கள் ஊர்ச் சங்கம் தலைவராக்கியது. யாழ்ப்பாணத்தில் ஒரே ஊரில் இருந்து வந்து, மொன்றியலின் மூலை முடுக்கெல்லாம் சிதறிப்போன குடும்பங்களின் சங்கம் அது. கோடையில் பூங்காவில் ஒரு ஒன்றுகூடல். குளிர்காலத்தில் கோட்-டெ-நெய்ஜில் ஒரு தேவாலயத்தின் கீழ்த்தள மண்டபத்தை வாடகைக்கு எடுத்து ஆண்டுப் பொதுக்கூட்டம். ராச்சியத்தின் எல்லை அவ்வளவுதான். ஆனால் என்னுடைய இத்தாலியச் சிற்றரசர்கள் சிலருக்கும் அதைவிடப் பெரிதாக ஒன்றும் இருக்கவில்லை என்று நான் எனக்கே சொல்லிக்கொண்டேன்.

எங்கள் சங்கத்தில் பதவிக்கு ஆசை என்று யாரும் வாய் திறந்து சொல்வதில்லை. சொன்னவன் தொலைந்தான். ஒருவர் பெயரைப் பிரேரிப்பார், இன்னொருவர் ஆமோதிப்பார், பெயருக்குரியவர் எழும்பி எனக்கு நேரமில்லை என்று கும்பிடுவார். திரும்பக் கேட்பார்கள். பிள்ளைகளின் படிப்பு என்பார். மூன்றாவது தடவை, எல்லோரும் இவ்வளவு தூரம் கேட்கிறபடியால் என்று தலையைக் குனிந்துகொண்டு சம்மதிப்பார். நானும் இந்த முறையில்தான் வந்தேன். இரண்டாவது தடவை மறுத்துவிட்டு, மூன்றாவது தடவை கேட்காமல் விட்டுவிடுவார்களோ என்று எனக்கு வியர்த்துக் கொட்டியது.

விலகுவதற்கும் ஒரு முறை உண்டு. தலைவருக்கு எதிராக முணுமுணுப்புக் கிளம்பினால், அவர் பொதுக்கூட்டத்தில் எழும்பி, மனம் நொந்து பதவி விலகுவதாக அறிவிப்பார். உடனே செயலாளர் பதறவேண்டும். பெண்கள் பக்கத்தில் இருந்து ஒரு அக்கா, உப்பிடிச் சொல்லக்கூடாது என்று கண்டிக்கவேண்டும். முணுமுணுத்தவரே எழும்பி வந்து தலைவரின் கையைப் பிடிக்கவேண்டும். தலைவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு உட்காருவார். பிறகு மீன் ரோலும் தேநீரும் வரும். எனக்கு முன்பு இருந்தவர் ஏறக்குறைய ஒவ்வொரு வருடமும் விலகினார். ஒவ்வொரு முறையும் முன்பைவிடப் பலசாலியாக உட்கார்ந்தார். மறுமலர்ச்சிக் காலத்துப் புத்திமதிக்காரர்கள் வேஷம் போடும் கலை என்று நீட்டி முழக்கி எழுதியதை அந்த மனிதர் ஒரு வரி வாசிக்காமல் செய்துகொண்டிருந்தார்.

நானோ படித்தவன். படித்தபடி ஆளப் புறப்பட்டேன்.

அன்பா, பயமா என்ற கேள்விக்கு, என் வகுப்பில் நான் எப்போதும் மழுப்பலாகத்தான் பதில் சொல்வேன். சங்கத்தில் மழுப்பவில்லை. பயம்தான் என்று முடிவெடுத்தேன். என் முதல் ஆணை, ஒன்றுகூடல் காலை பத்து மணிக்குச் சரியாகத் தொடங்கும் என்பது. எங்கள் ஆட்களுக்குப் பத்து மணி என்றால் வீட்டில் குளிக்கத் தொடங்கும் நேரம். சொன்னபடி நான் பத்து மணிக்கு விசில் ஊதினேன். கயிறிழுத்தல் போட்டியை ஒரு பக்கம் இரண்டு பேரும் மறுபக்கம் இரண்டு பேருமாக நடத்தி முடித்தேன். அதில் ஒருவர் எங்கள் ஊரே இல்லை. நாயோடு நடக்க வந்த ஒரு கியூபெக் மனிதர். பரிசும் அவருக்குத்தான் போனது. பன்னிரண்டு மணிக்குக் கூட்டம் வந்து இறங்கியபோது போட்டிகள் எல்லாம் முடிந்துவிட்டன என்று அறிவித்தேன். குழந்தைகள் பிரெஞ்சில் அழுதன. பெற்றோர் தமிழில் திட்டினார்கள்.

அதோடு நிற்கவில்லை. அந்தக் காலத்து எழுத்தாளர்கள் பலர் ஒரு விஷயத்தில் ஒரே குரலில் எச்சரித்திருக்கிறார்கள்: கூலிப்படையை நம்பாதே, சொந்த ஆட்களை வைத்துச் சண்டை போடு. இதை நான் வருடா வருடம் கரும்பலகையில் எழுதிக் கோடு போடுகிறவன். அதே நான், வீடுகளில் இருந்து சமைத்துக் கொண்டுவரும் வழக்கத்தை நிறுத்தி, சாப்பாட்டை ஒரு கடைக்காரரிடம் கொடுத்தேன். அவர் வரும்போது கொத்துரொட்டி குளிர்ந்து கட்டியாகிவிட்டது. மரக்கறி மட்டும் சாப்பிடுகிறவர்களுக்கு ஒன்றுமே இல்லை. இடியப்பமும் சொதியும் வீட்டில் செய்து கொண்டுவருவதைப் பெருமையாக நினைத்த பெண்கள் அந்தக் கொத்தைத் தொட்டும் பார்க்கவில்லை. தங்களைக் கழித்துவிட்டதாக நினைத்தார்கள். சரியாகத்தான் நினைத்தார்கள்.

மார்கழி வருவதற்குள் முணுமுணுப்பு எல்லா வீட்டுத் தொலைபேசியிலும் ஓடியது. உபதலைவர் அடுத்த தலைவராக வரலாம் என்று கதை அடிபட்டது. அவர் நல்ல மனிதர். எல்லோரையும் பார்த்துச் சிரிப்பார். அதனாலேயே எனக்கு அவரைப் பிடிக்காமல் போய்விட்டது.

வெட்கத்தை விட்டுச் சொல்கிறேன், அந்தக் கதிரை எனக்கு வேண்டியிருந்தது. பல்கலைக்கழகத்தில் பத்து வருடமாக என் பெயரைச் சரியாக உச்சரிக்கத் தெரியாதவர்கள் நடுவில் இருக்கிறேன். தமிழ்க் கடைக்குள் நுழைந்தால் மட்டும், வாங்கோ தலைவர் என்று ஒரு குரல் வரும். அதற்காகவே தேவையில்லாமல் கத்தரிக்காய் வாங்கப் போவேன். வீட்டில் கத்தரிக்காய் அழுகியது. அந்தக் குரலை இழந்துவிடுவேன் என்று நினைக்க உண்மையாகவே பயமாக இருந்தது.

ஆகவே விலகுவதென்று முடிவெடுத்தேன். விலகினால்தானே இருக்கச் சொல்லிக் கெஞ்சுவார்கள். திட்டத்தை யாரிடமும் மூச்சு விடவில்லை. மன்னன் தன் எண்ணத்தைப் பக்கத்தில் படுப்பவளுக்கும் காட்டக்கூடாது என்பது என் கொள்கை. மனைவி ஒரு பெரிய மருத்துவமனையில் நோயாளிகளைக் குளிப்பாட்டி, திருப்பிப் படுக்கவைத்து, நடத்திக் கூட்டிப்போகும் வேலை செய்கிறாள். வேலை முடிந்து வந்து காலை நீட்டி உட்கார்ந்திருப்பாள். அவளுக்கு முன்னாலேயே நான் குளியலறைக் கதவைச் சாத்திக்கொண்டு, கண்ணாடியைப் பார்த்து மனம் நோகப் பழகினேன்.

கூட்டத்தன்று பனி கொட்டியது. அப்படியும் மண்டபம் நிறைந்திருந்தது. அது நல்ல சகுனம் இல்லை என்று எனக்கு விளங்கியிருக்கவேண்டும். நான் எழும்பி, எல்லோருக்கும் வணக்கம் சொல்லி, மனம் நொந்து விலகுகிறேன் என்றேன். பிறகு பதறலுக்காக இடைவெளி விட்டேன். ஒருவரும் பதறவில்லை. செயலாளர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். தேநீர்ப் பக்கம் யாரோ கோப்பைகளை அடுக்கினார்கள். அந்த அமைதி தாங்க முடியாமல், எழுதிப் பழகாத ஒன்றை அவ்விடத்திலேயே சேர்த்தேன். உடம்பும் முன்னைப்போல் இல்லை, கொஞ்ச நாளாக நெஞ்சுக்குள் என்னவோ செய்கிறது, இரவில் நித்திரை இல்லை என்று சொல்லி நெஞ்சில் கையை வைத்தேன். குரல் உடைந்தது. அது மட்டும் நடிப்பில்லை, பயத்தில் தானாக உடைந்தது.

அது வேலை செய்தது. மண்டபத்தில் ஒரு சலசலப்பு. முன்வரிசையில் இருந்த பொருளாளர், பாரமான மனிதர், கதிரையின் கைப்பிடியைப் பிடித்துப் பாதி எழும்பிவிட்டார். வாயும் திறந்துவிட்டது. இன்னும் ஒரு நொடி போயிருந்தால் நான் இன்றைக்கும் தலைவர்.

அந்த நேரத்தில் பெண்கள் பக்கத்தில், கடைசிக்கு முந்தின வரிசையில் இருந்து ஒரு கை உயர்ந்தது. என் மனைவியின் கை. அவள் சங்கக் கூட்டங்களில் வாய் திறந்ததே இல்லை.

"அவரை விடுங்கோ," என்றாள். "நான் ஆமோதிக்கிறன்."

பொருளாளர் அப்படியே உட்கார்ந்துவிட்டார். கட்டிய மனைவியே விடச் சொன்ன பிறகு, இருக்கச் சொல்லி யார் கெஞ்சுவது? செயலாளர் விலகல் ஏற்றுக்கொள்ளப்பட்டதாக அறிவித்தார். உபதலைவரின் பெயரைப் பிரேரித்தார்கள். அவர் ஒரே ஒரு தடவை மறுத்துவிட்டு எழும்பினார். இரண்டு தடவை மறுக்கும் மரியாதைகூட இல்லை. பிரதம விருந்தினர் பனியைக் காரணம் காட்டி வராததால் அவருக்கென்று வாங்கிய பொன்னாடை மிச்சமாக இருந்தது. அதை எனக்குப் போர்த்திக் கைதட்டினார்கள். அவ்வளவு பலமான கைதட்டல் என் ஆட்சிக்காலத்தில் நான் கேட்டதில்லை.

காருக்கு வரும் வழியில் எனக்குள் ஆத்திரம் பொங்கியது. வரலாற்றில் மனைவிமாரால் கவிழ்ந்த மன்னர்களை ஒவ்வொருவராக நினைத்துப் பார்த்தேன். உபதலைவரோடு இவளுக்கு என்ன பேச்சு என்றுகூட யோசித்தேன். மூளை அந்த அளவுக்குப் போனது. அவள் என் கையில் இருந்த கார்த் திறப்பை வாங்கினாள். "நீங்கள் கார் ஓடவேண்டாம், நான் ஓடுறன்," என்றாள். பிறகு, எவ்வளவு காலமாக நோகிறது, இடக்கைக்கும் பரவுகிறதா என்று கேட்டாள். காரை எடுக்குமுன் என் மணிக்கட்டைப் பிடித்து, கடிகாரத்தைப் பார்த்தபடி நாடித் துடிப்பை எண்ணினாள்.

அந்த மண்டபத்தில் நான் சொன்னதை நம்பிய ஒரே ஆள் அவள்தான்.

அடுத்து வந்த வாரங்கள் என் வாழ்க்கையில் மிகவும் கேவலமானவை. அவள் பதிந்துவைத்த இதயப் பரிசோதனைக்கு இடம் கிடைக்கும்வரை காத்திருக்கவேண்டி இருந்தது. உப்பு நின்றது. பொரியல் நின்றது. கார்ட்டியர்வில்லில் எங்கள் வீட்டு வாசலில் பனி மலையாகக் குவிந்தபோது என்னைப் பனி அள்ளும் சவளைத் தொட விடவில்லை. இரவு வேலை முடிந்து வந்து, காலணியையும் கழற்றாமல் அவளே தள்ளினாள். நான் ஜன்னலுக்குள் நின்று பார்த்தேன். பக்கத்து வீட்டுக்காரர் என்னை அண்ணாந்து பார்த்த பார்வையில் நான் எந்தச் சாதி விலங்கு என்று எழுதியிருந்தது. ஒவ்வொரு நாளும் இன்றைக்குச் சொல்லிவிடுவோம் என்று நினைப்பேன். அவள் நெற்றியில் கை வைத்துப் பார்ப்பாள். சொல்ல வராது.

ஒருவழியாக அந்த நாள் வந்தது. சட்டையைக் கழற்றி, நெஞ்சு முழுக்க வயர்களை ஒட்டி, ஓடும் பட்டியில் ஏற்றிவிட்டார்கள். ஒரு இளம் பெண் பக்கத்தில் நின்று ஆங்க்கோர், மெஸ்யூ, இன்னும் கொஞ்சம் என்று வேகத்தைக் கூட்டிக்கொண்டே போனாள். தொப்பை குலுங்க நான் ஓடினேன். வைத்தியர் தாள்களைப் பார்த்து, இதயம் மிகவும் நன்றாக இருக்கிறது என்று பிரெஞ்சில் சொன்னார். வெளியே நடைபாதையில் என் மனைவி சுவரைப் பார்த்துத் திரும்பி நின்று அழுதாள். தினமும் எத்தனையோ நோயாளிகளைக் கண்டும் கலங்காதவள்.

அதற்குமேல் என்னால் முடியவில்லை. காரில் வரும்போது சொன்னேன். நெஞ்சு ஒருநாளும் நோகவில்லை, இருக்கச் சொல்லிக் கெஞ்சுவார்கள் என்றுதான் அப்படிச் சொன்னேன், எனக்கு அந்தப் பதவி அவ்வளவு ஆசை என்றேன். கத்தரிக்காயையும் சொன்னேன்.

அவள் ஒரு டெப்பனேர் என்னும் மூலைக்கடைக்கு முன்னால் காரை நிறுத்தி இறங்கிப் போனாள். திரும்பி வரவே மாட்டாளோ என்று இருந்தது. வந்து, ஒரு பெரிய உருளைக்கிழங்கு சிப்ஸ் பக்கற்றை உடைத்து என் மடியில் வைத்தாள்.

"என்னட்டைச் சொல்லியிருக்கலாமே," என்றாள். "சொல்லியிருந்தா நான் எழும்பி நிண்டு அழுதிருப்பன். ஒருத்தரும் உங்களை விட்டிருக்கமாட்டினம்."

கடைசியில் அழுதது நான்தான்.