கடைகளே வேண்டாம் என்று எழுதியிருந்தேன்

அவுஸ்திரேலியாவில் விடுமுறை எடுத்தவன் திரும்பி வந்ததும் கணக்கு ஒப்புவிக்க வேண்டும். எங்கே போனாய், வெயிலா மழையா, சாப்பாடு எப்படி, படம் இருக்கிறதா? மெல்பேர்ணின் மேற்குப் பக்கம் ட்ருகனினாவில் நான் வேலை செய்யும் பண்டகசாலையில், தேநீர் இடைவேளை முடிவதற்குள் எல்லாவற்றுக்கும் சிரித்த முகத்தோடு பதில் சொல்லியாக வேண்டும். ஊரில் ஒருவன் ஒரு கிழமை வேலைக்கு வராவிட்டால் வீட்டில் யாருக்கு என்ன வருத்தம் என்று கேட்பார்கள். இங்கே கேட்பவருக்கு நல்ல பதில் மட்டும்தான் வேண்டும். சோகமான பதில் சொன்னால், அவருடைய கோப்பியில் உப்புப் போட்டுவிட்டதுபோல் பார்ப்பார்.

சீனாவிலிருந்து திரும்பிய திங்கட்கிழமை எங்கள் மேற்பார்வையாளர் டரன் பிடித்துக்கொண்டார். சுற்றுலாவா என்றார். இல்லை, அண்ணனைப் பார்க்கப் போனேன் என்றேன். அண்ணன் சீனாவில் இருக்கிறாரா என்றார். இல்லை, இலங்கையில் என்றேன். அப்படியானால் ஏன் இலங்கைக்குப் போகவில்லை என்று கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் அவரே என் தோளில் தட்டி, "கொடுத்து வைத்தவர்கள், உலகம் சுற்றும் குடும்பம்!" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. கூடப் பிறந்தவனைப் பார்க்க இரண்டு பேரும் மூன்றாவது நாடொன்றுக்கு ஓட வேண்டியிருக்கிறது, அதற்குப் பெயர் உலகம் சுற்றுவதாம். அவரிடம் சொல்ல முடியாததை இங்கே எழுதுகிறேன். டரன் தமிழ் வாசிக்கப்போவதில்லை.

நான் படகில் வந்தவன். இரண்டு பைகளும் இரண்டு பட்டங்களுமாக விமானத்தில் வந்து இறங்கி, கிளென் வேவர்லியில் பாடசாலை பார்த்து வீடு வாங்குகிற தமிழர்களின் கதை வேறு. எனக்குப் பல வருடங்கள் தற்காலிக வீசா. இருக்கலாம், உழைக்கலாம், வரி கட்டலாம். நாட்டுக்கு வெளியே கால் வைப்பதென்றால் மட்டும் அனுமதி கேட்டு நிற்க வேண்டும். அந்த வருடங்களில் எனக்கிருந்த உறவு அண்ணன் ஒருவர்தான். அப்பாவும் அம்மாவும் நான் புறப்படுவதற்கு முன்பே இறந்துவிட்டார்கள். அண்ணன் ஊரில் வளையல், விளையாட்டுச் சாமான் விற்கும் பான்சிக் கடை வைத்திருக்கிறார். வட்ஸ்அப்பில் எடுத்தால் கதை மூன்று நிமிடத்தைத் தாண்டாது. என்னைத் தம்பி என்று கூப்பிட மாட்டார். "ஓம் மாஸ்டர், சொல்லுங்கோ, எல்லாரும் சுகம்" என்பார். நான் எப்போது மாஸ்டர் ஆனேன் என்று கேட்டால், "பிறகு கதைப்பம்" என்று வைத்துவிடுவார். முகநூலில் படம் போடாதே என்றார், போடவில்லை. மெல்பேர்ணில் நடக்கும் ஊர்ச்சங்க ஒன்றுகூடலுக்குப் போகாதே என்றார், அதற்கும் போகவில்லை.

ஒருவழியாகக் குடியுரிமை கிடைத்து, நீல நிறக் கடவுச்சீட்டும் கையில் வந்த நாளன்று அண்ணனுக்குத்தான் முதலில் எடுத்தேன். "ஊருக்கு வாறன்" என்றேன். "வராதை" என்றார். ஏன் என்றேன். "சும்மா" என்றார். இத்தனை வருடம் காத்திருந்தவனுக்கு 'சும்மா' என்றால் எப்படி இருக்கும்? நான் வந்த பிறகு அவரை யாரோ விசாரித்திருக்கிறார்கள் என்று மட்டும் எனக்கு அரசல்புரசலாகத் தெரியும். என்னால் அவருக்கு என்ன நடந்தது, நான் வீட்டுக்குப் போகலாமா, இந்த இரண்டையும் அவருடைய வாயால் கேட்காமல் எனக்கு இருக்க முடியவில்லை. தொலைபேசியில் அது நடக்காது. அண்ணன் சரக்கெடுக்க சீனாவின் குவாங்சோ நகரத்துக்குப் போய்வருகிறவர். நீல நிறக் கடவுச்சீட்டுக்கு இப்போது சீனா வீசா கேட்பதுமில்லை. அங்கே சந்திப்பதென்று முடிவானது.

ஆனால் அங்கேயும் அண்ணன் தனியாள் இல்லை. சரக்கெடுக்கப் போகும் ஊர் வியாபாரிகள் ஒரே விடுதியில் ஒரே அறையில் நான்கைந்து பேராகத் தங்குகிறவர்கள். சந்தையைச் சுற்றிய தெருக்களில் திரும்பிய பக்கமெல்லாம் தெரிந்த முகம். அதனால்தான் நான் தனியார் சுற்றுலா ஒன்றைப் பதிவு செய்தேன். எங்களுக்கென்று ஒரு கார், ஒரு சாரதி, ஒரு வழிகாட்டி. வாடிக்கையாளரின் விருப்பப்படி நாளை வடிவமைத்துத் தருவதாக அந்த நிறுவனம் விளம்பரம் செய்திருந்தது. என் விருப்பத்தைத் தெளிவாகவே எழுதினேன்: நாங்கள் சகோதரர்கள், நீண்ட காலத்துக்குப் பிறகு சந்திக்கிறோம், அமைதியாக உட்கார்ந்து கதைக்க ஓர் இடம் போதும், கடைகளே வேண்டாம். "உங்களுக்காகவே தயாரித்த நாள் காத்திருக்கிறது" என்று பதில் வந்தது. நானும் நம்பினேன்.

என் விடுதியின் வரவேற்பறையில் அண்ணனைக் கண்டேன். தலை முழுக்க நரை, இடது காலைக் கொஞ்சம் இழுத்து நடந்தார். என்னைக் கட்டிப்பிடித்து, "தம்பி, தம்பி" என்று காதுக்குள் இரண்டு தடவை சொன்னார். எங்களுக்குப் பக்கத்தில் ஓர் இளம்பெண் கங்காருப் படம் ஒட்டிய அட்டையைத் தூக்கிப் பிடித்தபடி வாசலைப் பார்த்துக்கொண்டு நின்றாள். எங்களை இரண்டு முறை கடந்து போனாள். அவள் தேடியது வேறு நிறத்தில் இரண்டு பேரை. நானே போய் அவுஸ்திரேலியா நான்தான் என்று சொன்னபோது அவள் முகத்தில் வந்த ஏமாற்றத்தை மறைக்க அவளுக்கு வெகு நேரமெடுத்தது. பெயர் ஜெனி என்றாள். காரில் ஏறியதும் யாருக்கோ தொலைபேசி எடுத்து மதியச் சாப்பாட்டை மாற்றினாள். மாட்டிறைச்சி வாட்டும் கடையில் ஒதுக்கிய மேசை, வட இந்தியச் சாப்பாட்டுக் கடைக்குப் போனது. ஹிந்திப் பாட்டும் போட்டாள். நாங்கள் இந்தியர் இல்லை, இலங்கை என்றேன். "ஆமாம் சார், பக்கத்தில்தானே" என்று சிரித்தாள். எங்களைக் கேட்காமலே எங்களுக்கு விருப்பமானதையெல்லாம் தீர்மானித்துவிட்டு, அதற்கு எங்களிடமே பணமும் வாங்கியிருந்தார்கள்.

அவள் முன் ஆசனத்திலிருந்து பின்னால் திரும்பி எங்களைப் பார்த்தபடியே கதைத்தாள். கோபுரத்தின் உயரம், ஆற்றின் நீளம், நகரத்தின் வயது. ஒரு நிமிடம் மௌனமாக இருந்தால் நாங்கள் சலித்துவிடுவோம் என்று அவளுக்கு யாரோ பயங்காட்டியிருக்க வேண்டும். முதலில் சென் குலத்தாரின் பழைய மண்டபம். ஒரே குடும்பப் பெயருள்ளவர்கள் ஊரூராகப் பணம் சேர்த்து, நகரத்துக்கு வரும் தங்கள் பிள்ளைகள் தங்குவதற்காகக் கட்டியதாம். நான் மெதுவாக அண்ணன் பக்கம் சாய்ந்து, "அண்ணை, காலுக்கு என்ன நடந்தது?" என்றேன். அவர் ஜெனியைக் கண்ணால் காட்டினார். "அவளுக்குத் தமிழ் தெரியாது அண்ணை" என்றேன். "தெரியாது எண்டு உனக்கு எப்பிடித் தெரியும்?" என்றார். மூன்றாவது ஆள் முன்னால் வாய் திறக்காத பழக்கம் அவருக்குள் ஊறிப்போய்விட்டது. அதை ஊறவைத்தவர்களை நினைத்துத்தான் எனக்கு வயிறு எரிந்தது.

அடுத்ததாகக் கார் தேயிலைக் கடையொன்றில் நின்றது. கடை வேண்டாமென்று எழுதியிருந்தேனே என்றேன். "இது சுவைத்துப் பார்க்க மட்டும் சார்" என்று எங்களை உள்ளே விட்டுவிட்டு ஜெனி எங்கேயோ போனாள். சின்னச் சின்னக் கோப்பைகளில் தேநீர் வந்துகொண்டேயிருந்தது. நான் மணிக்கூட்டைப் பார்த்துக்கொண்டு நின்றேன். அண்ணனோ கதிரையில் வசதியாக அமர்ந்து, கடைக்காரரோடு கல்குலேட்டரைத் தள்ளித் தள்ளிப் பேரம் பேசினார். போவோம் என்று கையைப் பிடித்து இழுத்தேன். "விடிய முதல் ஆளாய் ஏறியிருக்கிறம். ஒண்டும் வாங்காமல் இறங்கினால் அந்த மனுசனுக்கு நாள் முழுக்க வியாபாரம் படுத்திடும். கொஞ்சம் பொறு" என்றார். எனக்கு வந்த ஆத்திரத்தைச் சொல்லி மாளாது. கடல் கடந்து வந்தவனை விட, முன்பின் தெரியாத ஒரு கடைக்காரனுடைய முதல் வியாபாரம் இவருக்குப் பெரிதாகப் போய்விட்டதா? அந்த முக்கால் மணித்தியாலத்தை நான் கோபப்பட்டே தின்று தீர்த்தேன்.

மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு, ஜேட் என்கிற பச்சைக்கல் விற்கும் நகைக்கடை வாசலில் கார் நின்றபோது என் பொறுமை அறுந்தது. நடுத்தெருவில் நின்று கத்தினேன். எங்களுக்கு இருப்பது ஒரு நாள், அதை நீங்கள் கடை கடையாக விற்கிறீர்கள் என்றேன். "இது கடை இல்லை சார், பண்பாட்டு நிலையம்" என்றாள். நான் இன்னும் கத்தினேன். அவள் கண் கலங்கிவிட்டது. குறித்த நேரம் நாங்கள் உள்ளே நிற்காவிட்டால் தனக்கு அடுத்த பயணிகளைத் தர மாட்டார்கள் என்று தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள். அண்ணன் என் மணிக்கட்டைப் பிடித்தார். "அந்தப் பிள்ளை என்ன செய்யும், அதுவும் கூலிக்கு நிக்குது. உள்ளுக்கு வா."

உள்ளே கண்ணாடிப் பெட்டிகளுக்குள் வளையல்கள் மின்னின. ஜெனி பக்கத்துக் கதவொன்றைத் திறந்துகொண்டு போனதை அண்ணன் பார்த்துக்கொண்டே நின்றார். கதவு சாத்தியதும் என் பக்கம் திரும்பினார்.

"இப்ப கதை. இனி அவள் வர மாட்டாள். இப்பிடியான கடையளில வழிகாட்டியளுக்கு வேற அறை. வியாபாரம் முடியுமட்டும் கிட்ட வராயினம். காலமையும் அதுக்குத்தான் இழுத்துக்கொண்டிருந்தனான். நீதான் முகத்தை உம்மெண்டு வைச்சுக்கொண்டு வாசலையே பாத்துக்கொண்டு நிண்டனி."

எனக்கிருந்ததெல்லாம் ஒரே கேள்வியாக வந்தது. "அண்ணை, நான் ஊருக்கு வரலாமோ?"

விற்பனைப் பெண் ஒரு வளையலை எடுத்து அண்ணனிடம் நீட்டினாள். அவர் அதை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தபடியே சொன்னார். "நீ அங்க செத்துப் போட்டாய்."

நான் படகேறிய மாதத்திலிருந்தே புலனாய்வுக்காரர்கள் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தார்களாம். தம்பி எங்கே, யார் அனுப்பினது, யாரோடு தொடர்பு என்று கேட்டிருக்கிறார்கள். மூன்றாவது முறை கூட்டிக்கொண்டு போனபோது காலை உடைத்தார்கள். வீட்டுக்கு வந்த அண்ணன், படகு கவிழ்ந்துவிட்டது, தம்பி கடலில் போய்விட்டான் என்று ஊருக்கெல்லாம் சொல்லி அழுதிருக்கிறார். சொன்னால் மட்டும் போதுமா? நம்ப வேண்டுமே. உடல் இல்லாதபடியால் தர்ப்பையில் உருவம் செய்து எரித்தார்கள். கீரிமலைக் கடலோரத்தில் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிச் சடங்கு நடந்தது. முன் அறையில் என் படத்துக்கு மாலை. வருடா வருடம் திவசத்துக்கு அயலட்டை வந்து சாப்பிட்டுப் போகிறதாம்.

"அதுக்குப் பிறகு ஆரும் வரேல்லை" என்றார். "வராதை எண்டு நான் வேற எப்பிடிச் சொல்லுறது?"

"திவசத்துக்கு என்ன சமைக்கிறனீங்கள்?" என்றேன்.

"உனக்குப் பிடிச்சதெல்லாம் அண்ணி வைப்பா. மரவள்ளிக்கிழங்குக் கறியும் வைப்பா."

"எனக்கு மரவள்ளி பிடிக்காது அண்ணை."

"அயலுக்குப் பிடிக்கும்" என்றார். இரண்டு பேருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. விற்பனைப் பெண்ணும் சேர்ந்து சிரித்தாள், விலை படிந்துவிட்டது என்று நினைத்திருப்பாள். சிரித்து முடித்த பிறகு அண்ணன் கண்ணைத் துடைத்தார். அந்த வளையலை அண்ணிக்கென்று நான் வாங்கினேன்.

அன்று கேட்டதில் வந்த கோபம் இன்னும் எனக்கு ஆறவில்லை. அண்ணன் மீது ஒரு துளியும் இல்லை. ஒரு மனிதனின் காலை உடைத்து, சொந்தத் தம்பிக்கு அவன் கையாலேயே கொள்ளி வைக்கச் செய்தார்களே, அவர்கள் மீதுதான் கோபம். உயிரோடிருப்பவனை, அண்ணனைப் பார்க்கப் போகவும் அனுமதி கேட்க வைத்து வருடக்கணக்காக இழுத்தடித்தார்களே, அவர்கள் மீதும் கோபம். ஓரிடத்தில் எனக்கு வாக்குரிமை, இன்னோரிடத்தில் எனக்குத் திவசம். இவை இரண்டையும் தந்தவர்களில் ஒருவர்கூட என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

மாலையில் ஜெனி எங்களை ஆற்றங்கரைக்குக் கூட்டிப்போனாள். நாங்கள் பச்சைக்கல் வாங்கியதில் அவளுக்கு மனது லேசாகியிருந்தது. நானும் கத்தியதற்கு மன்னிப்புக் கேட்டேன். பாலம் தெரியும்படி இரண்டு பேரையும் நிறுத்தி அண்ணனின் கைபேசியில் படமெடுத்தாள். அண்ணன் அதை எனக்கு அனுப்பினார். அனுப்பியது போய்ச் சேர்ந்துவிட்டதா என்று இரண்டு தடவை கேட்டார். ஓம் என்றதும், தன் கைபேசியில் இருந்த படத்தை அழுத்தி அழித்துவிட்டார். பிறகு, விடுதியில் கூடத் தங்கும் ஊர் வியாபாரிகளுக்குக் காட்டத் தனக்கு ஒன்று வேண்டும், தனியாக எடுக்கச் சொல்லு என்றார். நான் விலகி ஜெனிக்குப் பின்னால் போய் நின்றேன். அண்ணன் நின்ற இடத்திலேயே நின்றார், பக்கத்தில் ஓராள் நிற்குமளவு இடம் வெறுமையாகக் கிடந்தது. படத்தின் நடுவுக்கு வரச் சொல்லி ஜெனி கையைக் காட்டினாள். விளங்கவில்லையென்று நினைத்து மறுபடியும் காட்டினாள். அண்ணன் அசையவில்லை.