எல்லைக்கு அந்தப் பக்கம் விழுந்த கோல்

எனாமல் பெயிண்டும் மண்ணெண்ணெயும் கலந்த வாசனை எங்கிருந்தாவது வந்தால், ஏதோ ஒரு பெரிய பந்தாட்டத் தொடர் தொடங்கப்போகிறது என்றுதான் இன்றும் என் மூக்கு முதலில் நினைத்துக்கொள்கிறது. கேரள எல்லையில் இருக்கும் பாறசாலை ரயில் நிலையத்துக்கு முன்னால் ஆட்டோ ஓட்டிக்கொண்டிருந்த என் அப்பா, ஒவ்வொரு தொடருக்கும் முந்தின ஞாயிற்றுக்கிழமை, ஆராதனை முடிந்து வந்ததும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வண்டியின் பின்பக்கத்தில் தானே வரைந்திருந்த ஐந்து நட்சத்திரங்களுக்கும் அவற்றின் கீழே கோணலாக எழுதியிருந்த பிரேசில் என்ற பெயருக்கும் புது மஞ்சள் அடிப்பார். ஆட்டோ என்றால் கறுப்பும் மஞ்சளும்தான் என்று சட்டம் போட்டிருப்பதைக் காட்டி, “கண்டியா, சர்க்காரும் நம்ம ஆளாக்கும்” என்பார். அம்மா அடுக்களை வாசலில் நின்று, “பெயிண்டு அடிக்கியதுக்கு இருக்க நேரம், ஒழுகுத ஓட்ட மாத்தியதுக்கு இல்ல” என்று சொல்லிவிட்டு உள்ளே போவாள்.

அந்த மஞ்சள் வீட்டில் நான் ஒருத்தி மட்டும் நீலவெள்ளையாக எப்படி ஆனேன் என்று பலர் கேட்டிருக்கிறார்கள். எனக்கு ஏழு வயதாக இருந்தபோது நடந்த உலகக் கோப்பையின் ஆட்டங்கள் நம் நாட்டு நேரப்படி பகலில் வந்தன. காய்ச்சலுக்காகப் பள்ளிக்கூடம் போகாமல் படுத்திருந்த ஒரு நாள் மதியம், முதல் சுற்றிலேயே வெளியேறிப்போன அர்ஜென்டினாவின் ஆட்டக்காரர்களில் நீளமுடிக்காரர் ஒருவர், முகத்தை மூடிக்கொண்டு அழுவதைத் தொலைக்காட்சியில் பார்த்தேன். வளர்ந்த ஓர் ஆண் அப்படி அழுது நான் அதுவரை பார்த்ததில்லை. அப்பா கைதட்டிச் சிரித்தார். எனக்கு அழுகை வந்தது. “நான் இனி இவியளுக்க ஆளு” என்று போர்வைக்குள்ளிருந்து சொன்னேன். “நல்ல பெஸ்ட்டு ஆள பிடிச்ச போ” என்றார் அப்பா.

அவர் சொன்னது சரியாகத்தான் போய்க்கொண்டிருந்தது. அந்த உலகக் கோப்பையைப் பிரேசில் கொண்டுபோனது. அதற்கடுத்த ஆண்டுகளில் இரண்டு நாடுகளும் இறுதி ஆட்டத்தில் மோதிக்கொண்ட ஒவ்வொரு முறையும் மஞ்சளே ஜெயித்தது. ஒருமுறை கடைசி நிமிடத்தில் சமன்செய்து பெனால்டியில் ஜெயித்தார்கள், ஒருமுறை நான்கு கோல் போட்டு ஜெயித்தார்கள், இன்னொருமுறை எங்களை ஒரு கோல்கூட அடிக்கவிடாமல் ஜெயித்தார்கள். ஒவ்வொரு தோல்விக்கும் மறுநாள் காலையில் அப்பா என்னைப் பள்ளியில் இறக்கிவிடும்போது தேவைக்கு மேல் இரண்டு முறை ஹாரன் அடிப்பார். ஸ்டாண்டில் நிற்கும் மற்ற ஓட்டுநர்கள் மலையாளத்தில் என்னிடம் துக்கம் விசாரிப்பார்கள். நான் பையை மாட்டிக்கொண்டு நடப்பேன். ஆனால் கட்சி மாறவேண்டும் என்று ஒருபோதும் தோன்றியதில்லை.

இவ்வளவு பந்துப் பைத்தியமான அப்பாவுக்கு இடது முழங்கால் மடங்காது. கல்யாணத்துக்கு முன்பு அவர் இந்தப் பக்கத்து ‘செவன்ஸ்’ ஆட்டங்களில், அதாவது அறுவடை முடிந்த வயல்களில் அணிக்கு ஏழு பேராக ஆடும் பந்தயங்களில், இடது ஓரத்தில் ஓடுகிறவராக இருந்தார். ஓர் ஆட்டத்தில் இரண்டு பேர் அவர் காலின்மேல் விழுந்தார்கள். இரண்டு ஆஸ்பத்திரி, ஓர் எண்ணெய் வைத்தியர் எல்லாம் பார்த்தும் கால் பழையபடி வரவில்லை. பார்த்துக்கொண்டிருந்த மில் வேலையும் போனது. ஆட்டோவில் கிளட்ச் கைக்கு, பிரேக் வலது காலுக்கு. இடது கால் சும்மா இருந்தால் போதும். அதனால்தான் அவர் ஆட்டோக்காரர் ஆனார். இதை அவர் சிரித்துக்கொண்டே சொல்வார், அம்மா கேட்கும்போது மட்டும் சொல்லமாட்டார்.

நான் எட்டாம் வகுப்புக்கு வந்த ஆண்டு எங்கள் பள்ளிக்கு சுமதி டீச்சர் விளையாட்டு ஆசிரியையாக வந்தார். வந்த மாதத்திலேயே பெண்களுக்கு ஒரு கால்பந்து அணி வேண்டும் என்று சொல்லி, மதிய இடைவேளையில் யார் யார் ஓடுகிறார்கள் என்று பார்த்துப் பதினைந்து பேரைப் பொறுக்கினார். அதில் நானும் ஒருத்தி. வீட்டில் ஒப்பு வாங்கிவர ஒரு தாள் கொடுத்தார். கையெழுத்துக்கு எங்கள் பக்கம் ‘ஒப்பு’ என்றுதான் சொல்வோம்.

தாளைப் பார்த்ததும் அப்பாவின் முகம் மாறியது. அவர் படித்துக்கூட முடிக்கவில்லை.

“வேண்டாம் மக்கா.”

“ஏன் வேண்டாம்?”

“எனக்க காலு போனது போரும். இந்த வீட்டுல ஒரு நொண்டி போரும்.”

அதற்குப் பிறகு ஒரு வாரம் நான் கெஞ்சினேன், சாப்பிடாமல் இருந்தேன், அம்மாவைத் தூது அனுப்பினேன். எதற்கும் அவர் மசியவில்லை. அம்மா மட்டும் ஒருநாள் என் தலையைப் பின்னிக்கொண்டே, “ஒனக்க அப்பாக்கு பந்துமேல கோவம் இல்ல, பேடியாக்கும்” என்றாள். பயத்தை நாங்கள் பேடி என்போம். எனக்குக் கொஞ்சம் புரிந்தது. ஆனால் புரிந்ததால் ஆசை குறையவில்லை.

அந்த ஆகஸ்ட் மாதம் சீனாவில் ஒலிம்பிக் நடந்துகொண்டிருந்தது. கால்பந்து அரையிறுதியில் அர்ஜென்டினாவும் பிரேசிலும் மோதுவதாக வந்தது. எங்களுக்கு மாலை ஆறரை மணி ஆட்டம். முந்தினநாள் அப்பா மஞ்சள் டப்பாவைத் திறந்துகொண்டிருந்தபோது நான் தாளுடன் போய் நின்றேன்.

“நாளைக்கு அர்ஜென்டினா ஜெயிச்சா இதுல ஒப்பு போடணும்.”

அவர் பிரஷ்ஷைக் கையில் வைத்துக்கொண்டு என்னை ஏறிட்டுப் பார்த்தார். “தோத்தா?”

“தோத்தா இந்தத் தாள நானே கீறி எறிவேன். இனி இந்த வர்த்தமானமே எடுக்க மாட்டேன்.”

அவர் வாய்விட்டுச் சிரித்தார். இத்தனை வருடத்து வெற்றிகளும் அந்தச் சிரிப்பில் இருந்தன. “ஜெயிக்கட்டு. ஒண்ணு இல்ல, ரெண்டு ஒப்பு போடுவேன்.” “ரெண்டுக்கும் வட்டாக்கும்” என்று அம்மா உள்ளேயிருந்து சொன்னாள், பைத்தியம் என்று அர்த்தம்.

மறுநாள் ஆறு மணிக்கே பக்கத்து வீட்டுக்காரர்களும் அப்பாவின் ஸ்டாண்டுக் கூட்டாளிகளுமாக எங்கள் முன்னறை நிறைந்துவிட்டது. எல்லாரும் பிரேசில். நான் கதவோரம் தனியாக உட்கார்ந்திருந்தேன், தாளை நான்காக மடித்துச் சட்டைப்பைக்குள் வைத்திருந்தேன். முதல் பாதியில் கோல் விழவில்லை. இடைவேளையில் அம்மா பால் ஊற்றாத கட்டங்காப்பி கொடுத்தாள். இரண்டாம் பாதி தொடங்க ஆட்டக்காரர்கள் திரையில் நின்ற அந்த நொடியில், ஏழரை மணிக்கு, கரண்டு போனது.

அந்த ஆண்டு தினமும் மாலையில் அரைமணி நேரம் கரண்டு கட்டு உண்டு. ஒவ்வொரு பகுதிக்கும் நேரம் முறைவைத்து மாறும். எங்கள் முறை அன்று மாறியிருப்பதை ஒருவரும் கவனித்திருக்கவில்லை. மின்விசிறி சுற்றி அடங்கும் சத்தம் கேட்டது. பிறகு இருட்டில் எல்லாரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். அப்பா திடீரென்று சுவரைப் பிடித்து எழுந்தார்.

“ரோஸ்லி வீட்டுல கரண்டு இருக்கும். ஏறு மக்கா வண்டியில.”

ரோஸ்லி மாமி அப்பாவின் தங்கை. கட்டிக்கொடுத்தது எல்லைக்கு அந்தப் பக்கம், தமிழ்நாட்டில். எங்கள் வீட்டிலிருந்து இரண்டு கிலோமீட்டர் இருக்காது, ஆனால் அங்கே வேறு சர்க்கார், வேறு கரண்டு, வேறு கட்டு நேரம். குளத்தூர் பக்கத்து இடவழிகளில் ஆட்டோ குதித்துக்கொண்டு பறந்தது. மழை தூறிக்கொண்டிருந்தது. பின்னால் நானும் இன்னும் மூன்று பேரும் ஒருவர் மடியில் ஒருவராக இருந்தோம். வழியெல்லாம் டார்ச் வெளிச்சங்கள் ஒரே திசையில் போய்க்கொண்டிருந்தன. கரண்டைத் தேடி ஊரே எல்லையைத் தாண்டிக்கொண்டிருந்தது.

அப்பாவின் வண்டிக்கு அந்த மாநிலத்தில் ஓடப் பெர்மிட் கிடையாது. எல்லைக்கல்லுக்கு இந்தப் பக்கம் ஒரு ரப்பர் மரத்தடியில் நிறுத்திவிட்டு இறங்கினோம். மற்றவர்கள் ஓடிவிட்டார்கள். அப்பா சேற்றில் இடது காலை இழுத்துக்கொண்டு வந்தார். நானும் ஓடியிருக்கலாம். ஓடவில்லை, அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

பாதி வழியில்தான் அந்தச் சத்தம் வந்தது. எதிரே இருந்த வீடுகள் எல்லாவற்றிலிருந்தும் ஒரே கணத்தில் எழும்பிய ஆரவாரம்! கோல். சந்தேகமே இல்லை. ஆனால் யாருக்கு? இரண்டு பேரும் நின்றுவிட்டோம். அப்பாவின் விரல்கள் என் கையை இறுக்கின. நான் மூச்சுவிடாமல் அடுத்து ஏதாவது பெயர், ஏதாவது ஒரு வார்த்தை கேட்குமா என்று காதைத் தீட்டினேன். மழைதான் கேட்டது. சட்டைப்பைக்குள் தாள் நனைந்துகொண்டிருந்தது. எதிரே ஒரு சைக்கிள்காரர் வந்தார்.

“அண்ணா, கோளு ஆருக்கு?” என்று அப்பா கேட்டார்.

“நான் பால் வாங்கப் போறேன்” என்றார் அவர்.

அப்பா சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன். பந்தயம், தாள், முழங்கால் எல்லாம் இருந்தும் அந்த இருட்டில் நாங்கள் இரண்டு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தோம். பிறகு அவர் என் தோளில் கைவைத்துப் பாரத்தை இறக்கினார். அவருடைய கெட்ட காலுக்குப் பதிலாக நான் நடந்தேன்.

மாமி வீட்டு முற்றத்தில் காலடிவைக்க இடமில்லை. இரண்டு மாநிலத்து ஆட்களும் சன்னல் கம்பிகளில் தொங்கிக்கொண்டிருந்தார்கள். மாமி எங்களைக் கண்டதும், “அண்ணன் வாறாரு, வழிய விடுங்க பிள்ளையளே” என்று கத்தினாள். நாங்கள் உள்ளே தலையை நீட்டியதுதான் தாமதம், குறுக்கே வந்த ஒரு பந்தைக் குட்டையான ஓர் இளைஞன் ஓடிவந்து வலைக்குள் தட்டிவிட்டான். நீலவெள்ளை வரிச்சட்டை! திரையின் மூலையில் இரண்டு - பூஜ்யம் என்றிருந்தது. வழியில் கேட்டதும் எங்கள் கோல்தான்.

நான் எப்படிக் கத்தினேன் என்று எனக்குத் தெரியாது. மாமி பிற்பாடு பல வருடங்கள் அதை நடித்துக் காட்டுவாள். அந்த அறையில் முக்கால்வாசிப் பேர் மஞ்சள்கட்சி. எல்லாத் தலைகளும் திரும்பின. ஆறு வருடத்து ஹாரன் சத்தத்துக்கும் சேர்த்து நான் கத்தினேன். பிறகு ஒரு பெனால்டியும் விழுந்து மூன்று ஆனது. ஆத்திரத்தில் மோதிய இரண்டு பிரேசில் ஆட்டக்காரர்கள் சிவப்பு அட்டை வாங்கி வெளியே போனார்கள். அப்பா கடைசி விசில்வரை அசையாமல் பார்த்தார். அவர் வருத்தப்படுகிறார் என்று நினைத்து நான் மெல்லப் பார்த்தபோது, அவருடைய உதடுகள் ஏதோ முணுமுணுத்தன. குனிந்து கேட்டேன். “என்னமா களிச்சானுவ… என்னமா களிச்சானுவ” என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார், என்னமாய் ஆடினார்கள் என்று.

தாளை நான் கேட்கவில்லை. கேட்க எனக்குப் பயமாக இருந்தது; பெரியவர்கள் பந்தயத்தை மறுநாள் விளையாட்டாக்கிவிடுவதை நான் பார்த்திருக்கிறேன். ஆனால் வண்டிக்குத் திரும்பியதும் அவரே கையை நீட்டினார். “எடு.” நனைந்து ஒட்டியிருந்த தாளைப் பிரித்து வண்டி சீட்டில் விரித்தேன். கூட வந்தவர்களில் ஒருவர் டார்ச் அடித்துப் பிடித்தார். அப்பா பேனாவை வைத்துக்கொண்டு கொஞ்சநேரம் அந்த எழுத்துகளையே பார்த்தார்.

“காலுல அடி கொண்டா என்கிட்ட மறைக்கப்பிடாது” என்றார். “முட்டுக்கு மேல நல்லா சூடுபிடிப்பிச்சிட்டுதான் களத்துல எறங்கணும். நான் அப்பிடி எறங்கேல. கேட்டியா?”

“கேட்டேன்.”

ஒரு ஒப்பு போட்டார். அதன் கீழே இன்னொன்றும் போட்டார்.

மறுநாள் சுமதி டீச்சர் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “எதுக்கு ரெண்டு?” என்று கேட்டார். “அப்பா சொன்ன சொல்ல காப்பாத்துற ஆளாக்கும் டீச்சர்” என்றேன்.

எங்கள் முதல் ஆட்டத்தில் ஐந்து கோல் வாங்கினோம். இரண்டாவதில் மூன்று. அப்பா தினமும் காலையில் ஸ்டாண்டுக்குப் போகுமுன் வீட்டு முற்றத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, ஒரு கம்பால் இடது ஓரத்தைக் காட்டி, எப்போது உள்ளே வெட்டவேண்டும், எப்போது கோட்டோடு போகவேண்டும் என்று சொல்லுவார். அடுத்த வருடம் நெய்யாற்றின்கரையில் பள்ளிகளுக்கிடையே நடந்த இறுதி ஆட்டத்தில் இடது ஓரமாக ஓடி நான் கொடுத்த பந்தில்தான் ஒரே கோல் விழுந்தது. கோப்பையோடு திரும்பிவந்தபோது, ரயில் நிலையத்திலிருந்து எங்கள் வீட்டுவரை ஸ்டாண்டு வண்டிகள் பதினொன்றும் வரிசையாக ஹாரன் அடித்துக்கொண்டு வந்தன. அப்பா முன்னால் ஓட்டினார். கோப்பையை மடியில் வைத்திருந்தது அம்மா. சந்திப்பில் நின்ற பெண்களைப் பார்த்து அவள் கையை ஆட்டியது, ஒரு ராணி ஆட்டியதுபோல இருந்தது.

இப்போது நான் கள்ளிக்காட்டுப் பக்கம் ஒரு பள்ளியில் விளையாட்டு ஆசிரியை. மாமி வீட்டுக்குப் போகும் இடவழி கான்கிரீட் ரோடாகிவிட்டது. கரண்டு போனாலும் இன்வெர்ட்டர் உண்டு. ஆட்டம் பார்க்க ஒருவரும் இன்னொருவர் வீட்டுக்குப் போகவேண்டியதில்லை. அர்ஜென்டினா உலகக் கோப்பையை ஜெயித்த நாளில் நான் கவனித்தேன். ஒவ்வொரு வீட்டிலும் ஒவ்வொரு கருவி, ஒவ்வொன்றும் சில நொடி முந்தியோ பிந்தியோ காட்டுகிறது. அதனால் கோலின் சத்தம் துண்டுதுண்டாகத் தெருவில் நகர்ந்து போனது. ஊர் முழுதும் ஒரே தொண்டையாகக் கத்திய அந்தச் சத்தம் இனி வராது. அதற்காக எனக்குக் கொஞ்சம் வருத்தம் உண்டு.

மறைந்துபோன இன்னொன்றும் உண்டு, அதற்காக எனக்கு ஒரு துளிகூட வருத்தம் இல்லை. நாங்கள் ஆடிய காலத்தில் மைதானத்தின் ஓரத்தில் ஒரு பெண்கூட நின்று பார்க்கமாட்டாள். போன சனிக்கிழமை எட்டாம் வகுப்புப் பிள்ளைகளின் ஆட்டத்துக்கு நான்தான் நடுவர். ஒரு கோலை ஆஃப்சைடு என்று சொல்லி விசில் ஊதினேன். உடனே ஓரத்திலிருந்த நாற்பது ஐம்பது தாய்மாரில், மடியில் கைக்குழந்தையோடு உட்கார்ந்திருந்த ஒருத்தி எழுந்து நின்று, மைதானம் அதிரக் கத்தினாள்:

“டீச்சரே, கண்ணத் தொறந்து பாருங்க! எனக்க மோளு லைன்லதான் நிண்ணா!”

அவள் சொன்னது சரி. நான் கோலைக் கொடுத்தேன்.