கிள்ளானுக்கு இருபது மைல், முப்பத்தொரு நகர்த்தல்

ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்குப் புறப்பட்டேன். டோக்கியோ மணி. சூரியனைக் கேட்டால் ஏழரை என்றுதான் சொல்லும். 1944ஆம் வருஷம், ஆபீஸ் காலண்டரில் அதற்கும் வேறு கணக்கு, 2604. மணியையும் வருஷத்தையும் மாற்றிய ஜப்பான்காரர்கள் எங்கள் பிரிக்பீல்ட்ஸுக்கும் கிள்ளானுக்கும் நடுவிலுள்ள இருபது மைலை மட்டும் அப்படியே விட்டுவைத்திருந்தார்கள். ரயிலில் பட்டாளமும் மூட்டையும் போக, ரயில்வேயில் கணக்கெழுதும் கிராணியான எனக்கே இடமில்லை. சைக்கிள்தான். டயருக்குள் காற்று கிடையாது, கயிறு திணித்திருந்தேன்.

போன வாரம் பக்கத்து வீட்டு லோரி டிரைவர் மணியம் கிள்ளானிலிருந்து இரண்டு நூல்கண்டு வாங்கி வந்தான். அதைச் சுற்றியிருந்த தாளைப் பார்த்ததும் பிடுங்கிக்கொண்டேன். சதுரங்கக் கட்டப் படம்! கீழே ஓர் ஆட்டத்தின் குறிப்பு. தாளின் பின்புறம் இங்கிலீஷில் ஒரு கிராண்ட்மாஸ்டரின் வரலாறு, வாயில் நுழையாத பெயர். பட்டத்தை இழந்தார், நோயில் விழுந்தார், இனிப் பலகை முன் உட்காரவே கூடாது என்று டாக்டர்கள் சொன்னார்கள், அதன்பின் அவர்... அந்த இடத்தில் தாள் முடிந்துவிட்டது. அதன்பின் அவர் என்ன செய்தார்? ஒரு வாரம் எனக்குச் சோறு இறங்கவில்லை; இறங்க அதிகச் சோறும் இல்லை என்பது வேறு விஷயம்.

"பாய் கடைண்ணே. பெரிய புக்கு வச்சிருக்காரு, தெனம் ரெண்டு மூணு தாளு கிழிக்கிறாரு," என்றான் மணியம்.

"மாஸ்டர்கள் ஆடின ஆட்டம்டா அது! பாவி மனுசன்!"

"பொட்டலம் கட்ட பேப்பர் ஏதுண்ணே இப்ப? அதுக்காக இருபது மைல் மிதிப்பீங்களா? ஒங்களுக்குப் பைத்தியம் லா."

பைத்தியம்தான். சண்டைக்கு முன் எங்கள் கிளப்பில் இப்படிப்பட்ட புத்தகம் ஒன்று இருந்தது. கிளப்பும் போயிற்று, புத்தகமும் போயிற்று. இதையாவது மீட்காமல் விடுவதில்லை என்று மிதித்தேன்.

பதினொன்றேகால் மணிக்கு, வழியிலுள்ள பத்து தீகா என்ற ஊர். ஒரு வெள்ளி நோட்டுக்குச் சீனியில்லாத காப்பி, பக்கத்தில் அவித்த மரவள்ளி. ஜப்பான் சிப்பாய்களின் சோதனைச் சாவடியில் எனக்கு முன்னால் நின்றவரின் சட்டைப்பையில் இங்கிலீஷ் எழுத்தும் எண்ணுமாக ஒரு சீட்டு அகப்பட்டது. சிப்பாய் கன்னத்தில் ஓங்கி அறைந்து அவரை வெயிலில் நிறுத்தினான். என் பையில் என்ன இருக்கிறது என்று அப்போதுதான் உறைத்தது. அந்தத் தாள்! சதுரங்கக் குறிப்பு முழுக்க இங்கிலீஷ் எழுத்தும் எண்ணும்தானே. உளவுச் சேதி என்றால் யார் இல்லை என்று வாதாடுவது? நல்லவேளை, சிப்பாயின் கவனம் அவர் மேலேயே இருந்தது. இடுப்பு ஒடியக் கும்பிட்டுவிட்டு நகர்ந்தேன். அரை மைல் தாண்டி, தாளைச் சுக்குநூறாகக் கிழித்துச் சாக்கடையில் போட்டேன். புத்தகத்தை மீட்கக் கிளம்பியவன் கிழித்த முதல் பக்கம்.

ஒன்றரை மணிக்குக் கிள்ளான். பாலத்தைத் தாண்டி விசாரித்தால் கடையை உடனே காட்டுகிறார்கள். துணிக்கடை என்று பெயர். அலமாரியில் துணி இல்லை. நூலும் பொத்தானும் விற்றுக்கொண்டிருந்தார் பாய், நாகூர்ப் பக்கத்து மனிதர், ஐம்பது வயதிருக்கும். பக்கத்தில் நடுநடுவே தாள் பிய்ந்த தடிப் புத்தகம்.

"பாய், அதைக் கிழிக்காதீங்க!" வணக்கம்கூடச் சொல்லவில்லை நான்.

அவர் மெல்லச் சிரித்தார். "ஆடுவீங்களா?"

"கிளப் சாம்பியன்."

"அப்ப செயிச்சு எடுத்துக்கிட்டுப் போங்க. தோத்தா பேசக்கூடாது."

கட்டம் தைத்த துணியை விரித்தார். நூல்கட்டைகள் பெரிய காய்கள், பொத்தான்கள் சிப்பாய்கள். இருபது நகர்த்தலில் அவர் ராஜாவை மூலையில் அடைத்தேன். என் அடுத்த நகர்த்தலில் மேட் வைக்க வேண்டியதுதான். 'இவ்வளவுதானா உங்கள் கிள்ளான்?' என்று வாய்வரை வந்தது. பாய் ராஜாவை எடுத்தார், குதிரை மாதிரி ஒரே தாண்டாகத் தாண்டி வெளியே வைத்தார்.

"என்ன பாய் இது, ராஜா எங்கயாச்சும் குதிக்குமா?"

"ஒருக்கா குதிக்கும் லா. எங்க ஊரு ஆட்டம். நீங்க கேக்கவே இல்லியே."

கேட்கவில்லைதான். சாம்பியன் என்ற திமிரில் எந்த ஆட்டம் என்றே கேட்காமல் உட்கார்ந்துவிட்டேன். கோபத்தில் கண்ணை மூடிக்கொண்டு ஆடித் தோற்றேன். எழுந்து போயிருக்கலாம். இருபது மைல் மிதித்த கால் எழ மறுத்தது.

"இன்னொண்ணு ஆடுவோம் பாய். இப்ப கேக்குறேன். ராஜா எப்ப குதிக்கக் கூடாது?"

"ஒரு செக் வாங்கிட்டா அப்புறம் குதிக்க முடியாது."

இரண்டாவது ஆட்டத்தில் முதல் வேலையாக, கிளப்பில் செய்திருந்தால் சிரித்திருப்பார்கள், காரணமே இல்லாமல் ஒரு செக் வைத்தேன். பாய் தலைநிமிர்ந்து என்னைப் பார்த்தார். "அட, கிராணியாரே!" அதன்பின் அவருடைய ராஜா தரையிலேயே நடந்தது. ஒன்றரை மணி நேரம் போராடி வென்றேன்.

புத்தகத்தைத் துடைத்து என் மடியில் வைத்தார். நான் தேடிய பக்கம் பிழைத்திருந்தது! சத்தமாக வாசித்துத் தமிழில் சொன்னேன்: அதன்பின் அவர் பலகைக்கு முதுகு காட்டி உட்கார்ந்து, காய்களைப் பார்க்காமலே ஆடத் தொடங்கினார். பலகை முன் உட்காரவில்லை அல்லவா, டாக்டர் சொல்லைக் காப்பாற்றிவிட்டார். கீழே அவர் அப்படி வென்ற ஓர் ஆட்டம், முப்பத்தொரு நகர்த்தல்.

பாய் தொடையில் தட்டிச் சிரித்தார். "நம்ம ஆளு லா அவரு!"

"எப்படி?"

"எனக்கு இங்கிலீஷ் படிக்கத் தெரியாது. துணிமூட்டை மேல போட்டிருக்கிற எழுத்தும் நம்பரும் தெரியும். கிழிக்கிறதுக்கு முன்னாடி ஒவ்வொரு ஆட்டத்தையும் மனப்பாடம் பண்ணிட்டுத்தான் கிழிப்பேன். சும்மா கிழிக்க மனசு வருமா?"

நம்பவில்லை. போன வாரத்து நூல்கண்டுத் தாளில் இருந்த, நான் வாரம் முழுக்க ஆடிப் பார்த்த ஆட்டத்தைக் கேட்டேன். கண்ணை மூடியபடி கடைசி நகர்த்தல்வரை ஒப்பித்தார். பாவி மனுசன் என்று திட்டிய என் வாயை எங்கே கொண்டு வைப்பேன்? வெட்கமாக இருந்தது.

மாலை ஐந்து. கிளம்ப வேண்டும். புத்தகத்தைச் சட்டைக்குள் செருகினேன். பத்து தீகாவில் வெயிலில் நின்றவரின் முகம் நினைவுக்கு வந்தது. எடுத்துத் திரும்பக் கொடுத்தேன்.

"இது என்னுது பாய். ஆனா ஒங்ககிட்ட இருக்கட்டும்."

"இனி ஒரு தாள் கிழிக்க மாட்டேன். வாழயிலயில கட்டிக் குடுக்குறேன்."

முதுகு காட்டியவரின் ஆட்டத்தை மூன்று முறை ஆடிப் பார்த்து, தலையில் ஏற்றிக்கொண்டு புறப்பட்டேன். மைல்கல்லுக்கு மைல்கல் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே மிதித்தேன். எதிரே வந்த மாட்டுவண்டிக்காரர் ஒதுங்கிப் போனார். பத்து தீகாவில் இம்முறை என்னைத்தான் பிடித்தார்கள். பை, கூடை, செருப்பு, சைக்கிள் இருக்கையின் அடி, எல்லாவற்றையும் தடவிப் பார்த்தான் சிப்பாய். ஒன்றும் அகப்படவில்லை. இரண்டாம் தரமும் கும்பிடச் சொன்னான். கும்பிட்டேன்.

பிரிக்பீல்ட்ஸ் சேர்ந்தபோது இருட்டத் தொடங்கியிருந்தது. முகம்கூடக் கழுவாமல் பலகையை விரித்தேன். மணியம் எதிரே உட்கார்ந்தான். இங்கே நல்ல மரக்காய்கள், வார்னிஷ் போட்ட பலகை. கிள்ளானில் நூல்கட்டையும் பொத்தானும். ஆட்டம் மட்டும் அங்கே இருந்தது. இருபத்தொரு நகர்த்தல் தடையில்லாமல் வந்தது. இருபத்திரண்டாவதற்குக் கையைத் தூக்கினேன், கை அந்தரத்தில் நின்றுவிட்டது. அந்த இரண்டாவது கும்பிடில் அது தலையிலிருந்து விழுந்திருக்க வேண்டும்.

"என்னண்ணே, புக்கையும் விட்டுட்டு வந்துட்டீங்க, ஆட்டத்தையும் விட்டுட்டீங்களா?"

காய்களைக் கலைக்காதே என்று மணியத்திடம் சொல்லிவிட்டு, சைக்கிளைக் கவிழ்த்து வைத்தேன். மறுபடி கிள்ளானுக்கு மிதிக்க, அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்கு இன்னும் ஏழு நாள். பின்டயருக்குக் கயிறு மாற்ற அது போதும்.